தீப்பந்தம் போன பிறகு

அன்புள்ள அக்காவுக்கு,

மார்ச் 2 முதல் 8 வரை ஒசாகாவில் எனக்கு வேலை. இந்த முறை மனைவியும் அம்மாவும் கூட வருகிறார்கள். கியோட்டோவுக்கு மூன்று நாள் ஒதுக்கி, வாடகைக் கிமோனோ, 45 நிமிடத் தேநீர்ச் சடங்கு, கியோன் தெருவில் கெய்ஷாக் கலைஞர்களைப் பார்ப்பது என்று பட்டியல் போட்டேன். "காசு கொடுத்துப் போடுற வேஷம்தானே இதெல்லாம்?" என்று கேட்டுவிட்டாள் மனைவி. அதிலிருந்து எனக்கும் உறுத்துகிறது. வந்துபோகிற நம்மைப் போன்றவர்கள் அந்த ஊர் மரபை உள்ளபடி பார்க்க வழி இருக்கிறதா?

– ஒரு வாசகர், திருப்பூர்

அன்புள்ள தம்பி,

வீட்டில் சொன்னது பாதி சரி. கிமோனோ வாடகைக் கடையில் ஜப்பானியப் பெண்களும்தான் வந்து நிற்கிறார்கள். ஆசையாக உடுத்திக்கொண்டு நாலு போட்டோ எடுப்பதில் ஒரு குற்றமும் இல்லை. கியோனை மட்டும் பட்டியலில் இருந்து அடித்துவிடுங்கள். வேலைக்குப் போகிற கெய்ஷாக்களை மறித்து மறித்துப் படம் எடுத்து, 2024-இல் அங்குள்ள தனியார் சந்துகளில் சுற்றுலாக்காரர்கள் நுழையவே தடை போடும்படி ஆக்கிவிட்டார்கள்.

மூன்று நாளில் ஒன்றை நாராவுக்குக் கொடுங்கள். கியோட்டோவிலிருந்து முக்கால் மணி நேர ரயில். பெரும்பாலானவர்கள் காலையில் போய், மானுக்குத் தீனி போட்டு, பெரிய புத்தரைப் பார்த்து, சாயங்காலம் திரும்பிவிடுவார்கள். நீங்கள் இரவு தங்க வேண்டும். அதுவும் 5-ஆம் தேதி இரவு. ஏன் அந்தத் தேதி என்று பிறகு சொல்கிறேன்.

710 முதல் 784 வரை ஜப்பானின் தலைநகராக இருந்த ஊர் அது. அங்கே தோதாய்ஜி கோயிலில் சுமார் 15 மீட்டர் உயர வெண்கலப் புத்தர் இருக்கிறார். 752-இல் அவருக்குக் கண் திறந்து வைத்தவர் போதிசேனர் என்ற துறவி. தென்னிந்தியாவிலிருந்து போனவர் என்கின்றன ஜப்பானியப் பதிவுகள். நம் ஸ்தபதி உளியால் செய்கிற அதே காரியத்தை அவர் தூரிகையால் செய்தார். தூரிகையில் நீளமான கயிறுகள் கட்டி, கூடியிருந்தவர்கள் அவற்றைப் பிடித்துக்கொண்டார்களாம், கண் திறந்ததில் எல்லாருக்கும் பங்கு இருக்கட்டும் என்று. அந்தத் தூரிகை ஷோசோயின் என்னும் பழைய கருவூலத்தில் இன்றும் இருக்கிறது.

அதே 752-இல் தொடங்கியதுதான் ஷுனி-எ என்னும் மன்னிப்புச் சடங்கு. அதையே ஒமிசுதோரி என்று சொன்னால் அங்கே எல்லாருக்கும் தெரியும். தோதாய்ஜியின் மேட்டில் நிகாட்சுதோ என்றொரு மண்டபம். மார்ச் 1 முதல் 14 வரை பதினொரு துறவிகள் இரவு இரவாக அங்கே கருணைக்குரிய போதிசத்துவரான பதினொரு முக அவலோகிதேஸ்வரர் முன்னால் உலகத்தார் பிழைக்கெல்லாம் மன்னிப்புக் கேட்கிறார்கள். 1667-இல் சடங்கு நடந்துகொண்டிருக்கும்போதே மண்டபம் எரிந்தது, அப்போதும் விட்டுப்போகவில்லை. கொரோனா காலத்திலும் நடந்தது. இத்தனைக்கும் அந்த மூலவரை அந்தத் துறவிகளே பார்த்ததில்லை. யாருக்குமே காட்டாத திருவுரு அது. தரிசனத்துக்காகவே கோயிலுக்குப் போகிற எனக்கு இதை விளங்கிக்கொள்ளக் கொஞ்ச நேரம் பிடித்தது.

நான் போனபோது ஐந்து மணிக்கே கீழே இடம் பிடித்து நின்றேன். ஏழு மணிக்கு விளக்கெல்லாம் அணைந்தது. ஆறு மீட்டர் மூங்கில் நுனியில் கொழுந்துவிட்டு எரியும் பந்தத்தைத் தூக்கிக்கொண்டு ஒருவர் படியேற, பின்னாலேயே ஒரு துறவி. மேலே போனதும் பந்தத்தைக் கைப்பிடிக்கு வெளியே நீட்டி, சுழற்றிக்கொண்டே மறுகோடிக்கு ஓடுகிறார்கள். பொறி மழையாகக் கொட்டுகிறது. அது மேலே பட்டால் அந்த வருஷம் நோய் அண்டாது என்று நம்பிக்கை. கீழே விழுந்த கருகிய தேவதாருக் குச்சிகளைப் பாட்டிமார்கள் பொறுக்கிக் கைக்குட்டையில் முடிந்துகொண்டார்கள். பத்துப் பந்தம் முடிந்ததும் கூட்டம் கலைந்தது. நானும் கிளம்பியிருப்பேன். "இனிமேல்தான் ஆரம்பம், மேலே போங்கள்" என்றார் பக்கத்தில் நின்ற அம்மாள். துறவி படியேற வழி காட்டத்தான் அந்தப் பந்தம். நாங்கள் அத்தனை பேரும் வழிவிளக்கைப் பார்த்துக் கைதட்டியிருக்கிறோம்.

மேலே, பெண்களுக்கு வெளிச்சுற்று அறைகள் மட்டும்தான். எரிச்சலாகத்தான் இருந்தது, மறைக்கவில்லை. மரக்கிராதிக்குப் பின்னால் இருட்டில் உட்கார்ந்தேன். உள்ளே அகல் வெளிச்சத்தில் திரைச்சீலையில் நிழல்கள். மரப்பாதுகை தரையில் 'டக் டக்' என்று இடிக்கும் சத்தம், திடீரென்று ஓட்டம், சங்கொலி, விட்ட இடத்தில் மறுபடி மந்திரம். பார்ப்பதற்கு அநேகமாக ஒன்றும் இல்லை. இரண்டு மணி நேரம் இருந்தேன்.

இப்போது 5-ஆம் தேதிக்கு வருகிறேன். 5, 12 ஆகிய இரு இரவுகளில் அந்தக் கோயிலோடு தொடர்புள்ள இறந்தவர்கள் பெயர்களை வாசிக்கிறார்கள், அந்தப் பெரிய புத்தரைச் செய்வித்த பேரரசர் ஷோமுவில் தொடங்கி. காமகுரா காலத்தில் (1185–1333) ஒருமுறை வாசித்துக்கொண்டிருந்த துறவியின் முன் நீல உடைப் பெண் ஒருத்தி தோன்றி, "என் பெயரை ஏன் விட்டுவிட்டீர்கள்?" என்று கேட்டாளாம். பெயர் தெரியாத அவர், தாழ்ந்த குரலில் "நீல உடைப் பெண்" என்று வாசிக்க, அவள் மறைந்துவிட்டாள். இன்றைக்கும் அந்த இடம் வரும்போது குரல் தாழ்கிறது. யாரென்றே தெரியாத ஒருத்திக்காக.

உங்கள் மனைவியின் கேள்விக்கு என்னிடம் இருக்கும் பதில் இந்த ஓர் இரவுதான். நாம் போனாலும் போகாவிட்டாலும் அது நடக்கும்.

அம்மாவுக்குச் சில விஷயங்கள். அந்தப் பருவத்தில் மிட்டாய்க் கடைகளில் கமேலியாப் பூ வடிவ இனிப்பு கிடைக்கும். துறவிகள் சன்னதிக்காகக் காகிதத்தில் செய்யும் பூவின் சாயல். மான்களுக்கு அங்கே விற்கும் தவிட்டு பிஸ்கட்டைத் தவிர வேறெதுவும் கொடுக்கக் கூடாது. பிஸ்கட்டைக் காட்டிவிட்டுத் தாமதித்தால் முந்தானையைக் கடித்து இழுக்கும். வெளிச்சுற்று அறையில் உட்கார அன்றைக்கு என்ன ஏற்பாடு என்று பகலிலேயே கோயிலில் கேட்டுக்கொள்ளுங்கள். காலுறை இரண்டு ஜோடி போட்டுக்கொள்ளச் சொல்லுங்கள். நான் ஒன்றோடு போய், மறுநாள் காலை வரை கால் விரல் மரத்துக் கிடந்தது.