மெட்டுக்கு உரியவர் யார்?

கேள்வி: எங்கள் பாட்டனார் சேர்த்துவைத்திருந்த பழைய சினிமாப் பாட்டுப் புத்தகம் ஒன்று, அட்டை இல்லாமல் பரணில் கிடைத்தது. ஒவ்வொரு பாட்டின் தலையிலும் வேறொரு பாட்டின் முதலடியைப் போட்டு ‘என்ற மெட்டு’ என்று அச்சிட்டிருக்கிறார்கள். இசையமைப்பாளர் பெயர் எங்குமே இல்லை. அப்படியானால், முதல் தமிழ்ப் பேசும்படமான ‘காளிதாஸ்’ படத்துக்கு இசையமைத்தவர் யார்?
– ஒரு வாசகர், முத்தியால்பேட்டை, புதுச்சேரி

பதில்: ‘என்ற மெட்டு’ என்னும் அந்த இரண்டு சொற்களிலேயே விடையில் பாதி இருக்கிறது. 1931 அக்டோபர் 31 அன்று சென்னை கினிமா சென்ட்ரல் கொட்டகையில் வெளியான ‘காளிதாஸ்’ படத்துக்கு இசையமைப்பாளர் என்று தனியே யார் பெயரும் சொல்லப்படவில்லை. பாடல்களை எழுதியவர் மதுரகவி பாஸ்கரதாஸ். அந்நாளைய வழக்கப்படி பார்த்தால், பாட்டின் இசைக்கும் அவரிடம்தான் போய்ச் சேர வேண்டும்.

நாடகக் கொட்டகையில் பாட்டெழுதும் வாத்தியார் முதலில் மெட்டைத்தான் பிடிப்பார். அது கீர்த்தனையாகவோ காவடிச் சிந்தாகவோ பார்சி நாடகக் குழுக்கள் வழியாக வந்த இந்துஸ்தானிப் பாட்டாகவோ இருக்கலாம். அதன் மேல் சொற்களை உட்காரவைத்து, ஆர்மோனியக்காரரை வாசிக்கச் சொல்லி, நடிகருக்குப் பாடம் சொல்லிக்கொடுத்துவிடுவார். கேட்பவர்களுக்குத் தெரிந்த மெட்டாக இருப்பது குறையன்று. புத்தகம் வாங்கியவர் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து தாமே பாட அதுதான் உதவியது. இந்த ஏற்பாட்டில் மெட்டமைப்பவர் வேறு, பாட்டெழுதுபவர் வேறு என்ற பிரிவுக்கு இடமே இருக்கவில்லை.

பாஸ்கரதாஸ் 1892-இல் பிறந்தவர், இயற்பெயர் வெள்ளைச்சாமி. மேடைக்கும் இசைத்தட்டுக்கும் எழுதிப் பெயர் பெற்ற பிறகே சினிமாவுக்கு வந்தார். அவருடைய ‘காந்தியோ பரம ஏழை சந்நியாசி’ கே.பி. சுந்தராம்பாளின் குரலில் ஊரெங்கும் ஒலித்தது. ‘காளிதாஸ்’ படத்திலும் காந்தியின் கைராட்டினத்தைப் புகழும் பாட்டு ஒன்று உண்டு. வடமொழிக் கவியின் கதையில் இராட்டினம் எங்கிருந்து வந்தது என்று அன்றைக்குக் கேட்டவர் இருந்ததாகத் தெரியவில்லை. பம்பாயில் எடுக்கப்பட்ட அந்தப் படத்தில் கதாநாயகி டி.பி. ராஜலட்சுமி தமிழில் பேச, கதாநாயகன் தெலுங்கில் பதில் சொன்னார். போதாததற்குத் தியாகராஜர் கீர்த்தனைகளும் இருந்தன. கதைக்கும் பாட்டுக்கும் உறவு தேடுவதைவிட, மக்கள் விரும்பிய பாட்டெல்லாம் ஒரே இடத்தில் கிடைத்ததே என்று மகிழ்ந்த காலம் அது என்பது என் எண்ணம்.

பிறகு ‘வள்ளி திருமணம்’, ‘சந்திரஹாசன்’, நம் செஞ்சிக் கதையான ‘ராஜா தேசிங்கு’ முதலிய படங்களுக்கும் அவர் எழுதினார். ஆனால் 1938-இல் ‘நந்தகுமார்’ பின்னணிப் பாடலைக் கொண்டுவந்தது. ஸ்டூடியோக்களில் வாத்தியக் குழுக்கள் பெருகின. இசையமைப்பு தனித் தொழிலாயிற்று. நடித்துக்கொண்டே பாடிய நடிகரும், மெட்டோடு பாட்டுத் தந்த வாத்தியாரும் மெல்லப் பின்னுக்குப் போனார்கள். பாஸ்கரதாஸ் 1952-இல் காலமானார். ‘காளிதாஸ்’ படத்தின் பிரதி எதுவும் இன்று இல்லை என்பதால், அவர் பாட்டு திரையில் எப்படி ஒலித்தது என்பதை நாம் கேட்க வழியில்லை.

அதனால்தான் உங்கள் பரணில் கிடைத்த புத்தகம் மதிப்புள்ளது. கிழிந்த தாளை ஒட்டுவதற்கு செல்லோடேப் போட்டுவிடாதீர்கள். சில ஆண்டுகளில் பசை மஞ்சளாகி எழுத்தையும் தின்றுவிடும். பக்கங்களை வெயில் படாத வெளிச்சத்தில் படமெடுத்துக்கொண்டு, ‘என்ற மெட்டு’ வரிகளை மட்டும் தனியே எழுதிப் பாருங்கள். அவற்றில் சில சங்கரதாஸ் சுவாமிகளின் நாடகப் பாட்டுகளாக இருக்கக்கூடும். மேடையில் அவர் தந்த ‘பவளக்கொடி’ 1934-இல் படமாகித்தான் தியாகராஜ பாகவதரைத் திரைக்குக் கொண்டுவந்தது. சுவாமிகள் 1922-இல் மறைந்தது நம் புதுச்சேரியில்தான். சமாதி கருவடிக்குப்பத்தில் இருக்கிறது, உங்கள் முத்தியால்பேட்டையிலிருந்து சைக்கிளிலேயே போய்விடலாம்.