மருத்துவர் பதில்: வெள்ளியங்கிரி ஏறும் கால்கள் தோரோங் லா கணவாயைக் கடக்குமா?

கேள்வி: எனக்கு வயது 56. கோபிசெட்டிபாளையம் பக்கத்தில் மஞ்சளும் நெல்லும் விவசாயம் செய்கிறேன். ஆண்டுதோறும் வெள்ளியங்கிரி ஏழாவது மலை வரை ஏறி இறங்குகிறேன். வரும் அக்டோபரில் நேபாளத்தில் தோரோங் லா கணவாயைக் கடந்து முக்திநாத் சென்று பெருமாளைச் சேவிக்க, வழிகாட்டியோடு செல்லும் ஒரு குழுவில் நானும் மனைவியும் மச்சானும் பெயர் கொடுத்திருக்கிறோம். பெசிசஹாரிலிருந்து ஜீப்பில் ஒரே நாளில் மனாங், அங்கே ஓர் இரவு, பிறகு யாக் கர்கா, தோரோங் பேடி, அடுத்த நாள் கணவாய் என்பது அவர்கள் தந்த திட்டம். எனக்கு எட்டு ஆண்டுகளாகச் சர்க்கரை. கிளிமிபிரைடும் மெட்பார்மினும் சேர்ந்த மாத்திரையும், டாபாகிளிஃப்ளோசினும், ரத்த அழுத்தத்துக்கு ஹைட்ரோகுளோரோதயசைடு கலந்த டெல்மிசார்டானும் எடுக்கிறேன். மனைவிக்கு வயது 51, ஹீமோகுளோபின் 9.1. டயமாக்ஸ் போட்டுக்கொண்டு பச்சைக் கற்பூரத்தை முகர்ந்தால் போதும் என்கிறார் மச்சான். நாங்கள் போகலாமா?

பதில்: உங்கள் கால்களைப் பற்றி எனக்கு ஐயமில்லை. இரவு முழுவதும் மூங்கில் தடியூன்றி ஏழு மலை ஏறி, விடியலில் சுயம்புவைத் தரிசித்துவிட்டு அதே பாதையில் இறங்குபவருக்கு, ஒரு நாளில் ஆறேழு மணி நேரம் நடப்பது பெரிய காரியமல்ல. ஆனால் உயரத்தைப் பொறுத்தவரை வெள்ளியங்கிரி உங்களுக்கு எந்த அனுபவத்தையும் தந்திருக்காது. ஏழாவது மலை ஊட்டியைவிடத் தாழ்வானது. ஊட்டியோ 2,240 மீட்டர்தான். உயர நோய் பொதுவாக 2,500 மீட்டருக்கு மேல்தான் தலைகாட்டும். நம் பக்கத்தில் அந்தக் கோட்டைச் சற்றே தாண்டுவது 2,637 மீட்டர் உயரமுள்ள தொட்டபெட்டா. அங்கும் நாம் அரை மணி நேரம் நின்று படம் எடுத்துக்கொண்டு இறங்கிவிடுகிறோம். தோரோங் லா 5,416 மீட்டர்.

அவ்வளவு உயரத்திலும் காற்றில் ஆக்சிஜனின் பங்கு இங்குள்ளதைப் போலவே ஏறத்தாழ 21 விழுக்காடுதான். காற்றின் அழுத்தம் கடல் மட்டத்தில் இருப்பதில் பாதியாகிவிடுவதால், ஒவ்வொரு மூச்சிலும் நுரையீரலுக்குள் போகும் ஆக்சிஜனும் பாதியாகிறது. உடல் இதற்கு ஈடுகொடுக்க முதலில் வேகமாகவும் ஆழமாகவும் மூச்சு வாங்குகிறது. அதனால் ரத்தத்தில் காரத்தன்மை கூடுகிறது. அதைச் சரிசெய்யச் சிறுநீரகங்கள் பைகார்பனேட்டை வெளியேற்றுகின்றன. இந்தப் பழக்கம் ஏற்படச் சில நாட்கள் ஆகும். உழைத்து உரமேறிய உடம்புக்கும் அதே நாட்கள்தான். உண்மையில் என் கவலை உங்களைப் போன்ற திடகாத்திரமானவர்களைப் பற்றித்தான். உடம்பு இடம்கொடுக்கிறதே என்று வேகமாக ஏறிவிடுபவர்கள் அவர்கள். புறப்படுவதற்கு ஒரு மாதம் முன்பு ஊட்டியில் இரண்டு இரவு தங்கினாலும் பயனில்லை. அந்த உயரமும் போதாது. கிடைக்கும் பழக்கமும் கீழே இறங்கிய ஓரிரு வாரங்களில் கரைந்துவிடும்.

ஆகவே நான் முதலில் மாற்றச் சொல்வது பயணத் திட்டத்தைத்தான். பெசிசஹார் ஆயிரம் மீட்டருக்கும் குறைவான உயரத்தில் இருக்கிறது. மனாங் 3,540 மீட்டர். ஜீப் ஒரே பகலில் உங்களை இரண்டாயிரத்து ஐந்நூறு மீட்டருக்கு மேல் தூக்கிக்கொண்டு போய் இறக்கிவிடும். பகலில் எவ்வளவு உயரம் ஏறுகிறீர்கள் என்பதைவிட, இரவில் எந்த உயரத்தில் படுக்கிறீர்கள் என்பதே முக்கியம். 3,000 மீட்டரைக் கடந்த பிறகு, படுக்கும் இடம் முந்தைய இரவைவிட 500 மீட்டருக்கு மேல் உயரக் கூடாது. மூன்று நான்கு நாட்களுக்கு ஒருமுறை அதே இடத்தில் இன்னோர் இரவு தங்க வேண்டும். ஜீப்பைச் சாமேயோடு நிறுத்திக்கொள்ளுங்கள். அது ஏறத்தாழ 2,700 மீட்டர். அங்கே ஓர் இரவு, மேல் பிசாங்கில் ஓர் இரவு, மனாங்கில் ஓர் இரவுக்குப் பதிலாக மூன்று இரவு என்று கேளுங்கள். மனாங்கில் தங்கும் பகல்களில் அறையிலேயே படுத்திருக்காமல், பக்கத்து மேட்டில் சில நூறு மீட்டர் ஏறிவிட்டுத் தூங்க இறங்கி வருவது நல்லது. இமாலய மீட்புச் சங்கத்தின் உதவி மையம் அந்த ஊரில் இருக்கிறது. மலையேறும் பருவத்தில் மருத்துவர்கள் உயர நோய் பற்றி விளக்குவார்கள். மூவரும் தவறாமல் போய்க் கேளுங்கள். அதற்குப் பின் 4,000 மீட்டரை ஒட்டிய யாக் கர்கா, 4,450 மீட்டர் அளவிலுள்ள தோரோங் பேடி என்ற வரிசை சரியானதே. கூடுதல் நாட்களுக்குப் பயண நிறுவனம் இசையாவிட்டால், வேறு நிறுவனத்தைப் பாருங்கள்.

புதிய உயரத்தை அடைந்த சில மணி நேரத்தில், பெரும்பாலும் முதல் இரவில், தலைவலியும் அதோடு குமட்டலோ, பசியின்மையோ, அசதியோ, கிறுகிறுப்போ வந்தால் அதை உயர நோய் என்றே கொள்ள வேண்டும். வெயில், ஜீப் குலுக்கல், சாப்பாடு ஒத்துக்கொள்ளவில்லை என்ற காரணங்களையெல்லாம் பிறகு பார்த்துக்கொள்ளலாம். இந்த நிலையில் மேலே ஏறக் கூடாது. அதே இடத்தில் ஒரு நாள் ஓய்வெடுத்தால் பெரும்பாலும் சரியாகிவிடும். சரியாகாவிட்டால் இறங்க வேண்டும். இங்கே நம் பக்கத்து மரியாதை ஒன்று குறுக்கே வரும் என்று அஞ்சுகிறேன். காலையில் வழிகாட்டி எப்படி இருக்கிறீர்கள் என்று கேட்டால், மண்டை பிளந்துகொண்டிருந்தாலும், அடுத்தவருக்குத் தொந்தரவு எதற்கு என்று, "நல்லா இருக்கறனுங்க" என்போம். மலையில் அந்தப் பதிலைச் சொல்லாதீர்கள். மூவரும் ஒவ்வொரு காலையிலும் ஒருவரையொருவர் சோதித்துப் பாருங்கள்: விடுதித் தாழ்வாரத்துப் பலகைத் தரையில் ஒரே பலகையின் மேல், முன் பாதத்தின் குதிகாலைப் பின் பாதத்தின் விரல்நுனி தொடும்படி பத்தடி நடக்கச் சொல்லுங்கள். தள்ளாடினாலோ, பேச்சு குழறினாலோ, வழக்கமில்லாத எரிச்சலோ குழப்பமோ தெரிந்தாலோ, அது மூளையில் நீர் கோப்பதன் அறிகுறியாக இருக்கலாம். உட்கார்ந்திருக்கும்போதே மூச்சு வாங்குவதும், வறட்டு இருமல் நுரைத்த சளியாக மாறுவதும் நுரையீரலில் நீர் கோப்பதன் அறிகுறி. இரண்டுமே உயிரைப் பறிக்கும். இரண்டுக்கும் முதல் மருந்து, விடியும்வரை காத்திருக்காமல், உடன் ஆள் துணையோடு உடனே கீழே இறங்குவதுதான்.

டயமாக்ஸைப் பற்றி உங்கள் மச்சான் சொன்னது பாதி சரி. அசிட்டசோலமைடு என்ற அந்த மருந்து, சிறுநீரகங்கள் செய்யும் வேலையைத் துரிதப்படுத்தி, உடல் பழகும் காலத்தைக் குறைக்கிறது. தடுப்புக்கு 125 மில்லிகிராம் வீதம் காலையும் மாலையும், உயரத்துக்கு ஏறத் தொடங்குவதற்கு முந்தைய நாளிலிருந்து எடுப்பது வழக்கம். அவசரத் திட்டத்தை அது பாதுகாப்பானதாக ஆக்கிவிடாது. விரல்நுனி, உதடு மரமரப்பு, அடிக்கடி சிறுநீர், சோடா வகைகளின் சுவை மாறுவது ஆகியவை எதிர்பார்க்க வேண்டியவை. சல்ஃபா மருந்து எவருக்கேனும் கடும் ஒவ்வாமை தந்திருந்தால், மருத்துவரிடம் சொல்லாமல் இதைத் தொடக் கூடாது. உங்கள் விஷயத்தில் இன்னும் இரண்டு சிக்கல்கள் உண்டு. ரத்த அழுத்த மாத்திரையிலுள்ள ஹைட்ரோகுளோரோதயசைடும் டயமாக்ஸும் சேர்ந்தால் பொட்டாசியம் குறையும், உடல் வறளும். டாபாகிளிஃப்ளோசினும் நீரை வெளியேற்றுவதோடு, சாப்பாடு குறைந்த நாட்களில், சர்க்கரை அளவு பெரிதாக ஏறாமலேயே ரத்தத்தில் கீட்டோன் அமிலம் சேரும் ஆபத்தைத் தரும்; மலையிலோ முதலில் போவது பசிதான். எனவே சிறுநீரகச் செயல்பாடு, பொட்டாசியம் ஆகியவற்றைச் சோதித்துவிட்டு, இந்த இரண்டு மாத்திரைகளையும் மலையேறும் நாட்களுக்கு மாற்ற முடியுமா என்று உங்கள் மருத்துவரிடம் இப்போதே கேளுங்கள். கிளம்பும் வாரத்தில் மாற்றினால் புதிய மருந்தின் போக்கு உங்களுக்குப் பிடிபடாது.

கற்பூரம் மூக்கைக் குளிர்விக்கும். ரத்தத்தில் ஆக்சிஜனை ஏற்றாது. முகர்வதோடு நில்லாமல் வாயில் போட்டால் வலிப்பே வரலாம். அங்குள்ள விடுதிகளில் கிடைக்கும் பூண்டு சூப் சூடாக இருப்பதற்காகக் குடியுங்கள். கொரோனா காலத்தில் வாங்கிய விரல் ஆக்சிமீட்டரைக் கொண்டுபோவதில் தவறில்லை. ஆனால் 4,500 மீட்டரில் நன்றாக இருப்பவருக்கே 80-களில் எண் காட்டும். விரல் குளிர்ந்திருந்தால் அதுவும் தவறாகலாம். எண்ணைவிட ஆளைப் பாருங்கள்.

சர்க்கரை நோயாளியாக நீங்கள் கவனிக்க வேண்டியது, தாழ் சர்க்கரையும் உயர நோயும் ஒன்றுபோலத் தோன்றும் என்பது. கிளிமிபிரைடு எடுத்துக்கொண்டு நாள் முழுவதும் நடந்தால் சர்க்கரை சட்டென இறங்கலாம். தலைச்சுற்றல், வியர்வை, நடுக்கம் எது வந்தாலும் உடனே சர்க்கரையைப் பாருங்கள். பார்க்க முடியாவிட்டால் குளுக்கோஸை வாயில் போட்டுவிட்டுப் பிறகு யோசியுங்கள். குளிரில் குளுக்கோமீட்டர் வேலை செய்யாமலோ தவறாகக் காட்டியோ ஏமாற்றும் என்பதால், அதையும் ஸ்ட்ரிப்புகளையும் பையில் போடாமல் உள்சட்டைப் பாக்கெட்டில் உடற்சூட்டில் வையுங்கள். போவதற்கு முன் டிரெட்மில் இதயப் பரிசோதனையும் விழித்திரைப் பரிசோதனையும் அவசியம். கண்ணில் புதிய ரத்தக் குழாய்கள் வளரும் நிலை இருந்தால் இந்தப் பயணம் வேண்டாம்.

உங்கள் மூவரில் எனக்கு அதிகக் கவலை தருபவர் உங்கள் மனைவிதான். கடிதத்தில் ஒரே வரியில் கடந்துவிட்டீர்கள். ஆக்சிஜனைச் சுமப்பது ஹீமோகுளோபின். காற்றிலும் குறைந்து, சுமப்பதும் குறைந்தால் இதயம் இரண்டுக்கும் சேர்த்து உழைக்க வேண்டும். 51 வயதில் 9.1 என்பதற்குக் காரணம் கண்டுபிடித்தாக வேண்டும்: மாதவிலக்கு நிற்கும் காலத்து மிகு உதிரப்போக்கா, இரும்புச் சத்துக் குறைவா, வயிற்றில் எங்கேனும் ரத்தக் கசிவா, தைராய்டா. வெறுமனே டானிக் வாங்கிக் கொடுத்து நிறுத்திவிடாதீர்கள். காரணம் தெரிந்து, அளவு 12-ஐ நெருங்கினால் அவரும் உங்களோடு நடக்கலாம். இல்லையென்றால் அவர் பொக்காராவிலிருந்து ஜோம்சோம் வந்து, அங்கேயும் காக்பேனியிலுமாக ஓரிரு இரவு தங்கி, முக்திநாத்தில் உங்களைச் சந்திக்கட்டும். முக்திநாத்தும் ஏறத்தாழ 3,750 மீட்டர் என்பதால், அந்தத் தங்கலைத் தவிர்க்கக் கூடாது.

கணவாய் நாளில் விடியுமுன் கிளம்பி, ஏறத்தாழ ஆயிரம் மீட்டர் ஏறி, பிறகு 1,600 மீட்டருக்கு மேல் இறங்க வேண்டும். முழங்கால் நோவது இறக்கத்தில்தான். சென்னிமலைப் படிகளில் பழகும்போது இறக்கத்துக்கு வேனைத் தேடாமல் நடந்தே வாருங்கள். முற்பகலுக்குப் பின் மேலே காற்று வலுக்கும். 2014 அக்டோபரில் விசாகப்பட்டினத்தைத் தாக்கிய ஹூட்ஹூட் புயலின் மிச்சம் இந்தப் பகுதியில் பனிப்புயலாகக் கொட்டி, 40-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். வானிலை சரியில்லை என்று வழிகாட்டி சொன்னால், ஏகாதசிக்குள் சேவிக்க வேண்டும், ரயில் பதிவு இருக்கிறது என்று அவரை நெருக்காதீர்கள். இதற்காகவே திட்டத்தில் உபரியாக இரண்டு நாள் வைத்துக்கொள்ளுங்கள். ஹெலிகாப்டர் மீட்பை உள்ளடக்கிய காப்பீடும் எடுங்கள்.

கடைசியாக, முக்திநாத்தில் கோயிலைச் சுற்றியுள்ள 108 தாரைகளிலும் தலை நனைப்பது வழக்கம். பனியுருகிய நீர் அது. கணவாயிலிருந்து களைத்து இறங்கிய மாலையில் அதில் நிற்காதீர்கள்; சட்டென்ற குளிரில் ரத்த அழுத்தம் ஏறும், இதயம் தடுமாறலாம். ஓர் இரவு தூங்கி, சாப்பிட்டு, சர்க்கரையைப் பார்த்துவிட்டு, வெயில் ஏறிய பிறகு போங்கள். டிரெட்மில்லில் குறை ஏதேனும் தெரிந்திருந்தால், கையால் அள்ளித் தலையில் தெளித்துக்கொள்வதோடு நிறுத்துங்கள். உங்கள் பரிசோதனை முடிவுகளும் மனைவியின் ரத்தப் பரிசோதனையும் வந்ததும் எழுதுங்கள். அதுவரை முன்பணத்துக்கு மேல் கட்ட வேண்டாம்.