உங்கள் உடம்புக்கும் உங்கள் மேல் ஹக் இருக்கிறது

கேள்வி: அஸ்ஸலாமு அலைக்கும் அக்கா. எனக்கு இது முதல் குழந்தை, 3 மாதம் ஆகிறது. வீட்டில் பெரியவர்களோடு சேர்த்து 6 பேர். சுபுஹ் என்கிற அதிகாலைத் தொழுகைக்கு எழுந்தால் சமையல், பாத்திரம், துணி, நடுநடுவே பால் கொடுப்பது என்று இரவு 12 மணி வரை ஓடுகிறேன். கல்யாணத்துக்கு முன்னால் தினமும் குர்ஆனில் ஒரு ஜுஸ்உ (முப்பதில் ஒரு பாகம்) ஓதுவேன். இப்போது குர்ஆனைத் திறந்தே வாரக்கணக்காகிவிட்டது. தலை வாரக்கூட நேரமில்லை. கணவரிடம் சொன்னால் "வீட்டில்தானே இருக்கிறாய்" என்கிறார். நான்தான் சோம்பேறியா? நேரத்தை எப்படிப் பிரித்துக்கொள்வது?

பதில்: வஅலைக்கும் ஸலாம். சோம்பேறி என்ற சொல்லை முதலில் விட்டுவிடுங்கள், உங்கள் கடிதத்தில் எங்கேயும் சோம்பல் இல்லை. ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள். கைக்குழந்தை, அதுவும் பிறந்த புதிதில், ஒரு நாளைக்கு 8 முதல் 12 முறை பால் கேட்கும். பால் கொடுத்து, தோளில் போட்டு ஏப்பம் எடுத்து, துணி மாற்றிப் படுக்கவைக்க ஒரு தடவைக்கு அரை மணி என்று வைத்தாலும் 4 முதல் 6 மணி நேரம் அதற்கே போய்விடும். அதில் ஒரு பகுதி நடுராத்திரியில். வீட்டில் யாரும் வேலை என்று எண்ணாத வேலை இது. கணவரிடம் வாதம் பண்ண வேண்டாம், ஒரே ஒரு நாள், எத்தனை மணிக்குப் பிள்ளை எழுந்தது, எத்தனை மணிக்குத் தூங்கியது என்று ஒரு தாளில் குறித்துவைத்து அவர் கையில் கொடுங்கள்.

அப்புறம் இதையும் அவரிடம் சொல்லுங்கள். நபி (ஸல்) அவர்கள் வீட்டில் என்ன செய்வார்கள் என்று அவர்களுடைய மனைவி ஆயிஷா (ரலி) அவர்களிடம் கேட்டபோது, வீட்டாருக்கு ஒத்தாசையாக வேலை செய்துகொண்டிருப்பார்கள், தொழுகை நேரம் வந்ததும் தொழப் போவார்கள் என்று சொன்னார்கள். புகாரி என்ற ஹதீஸ் (நபிமொழி) தொகுப்பில் இருக்கிறது. தாடியையும் தொப்பியையும் சுன்னத் (நபிவழி) என்று பேணுகிற வீடுகளில் இந்தச் சுன்னத்தை மட்டும் ஏன் மறந்துபோகிறோம் என்பது எனக்குப் பல வருடமாக இருக்கிற ஆதங்கம். குர்ஆனில் அல்பகரா அத்தியாயத்தின் 233-ஆம் வசனத்தை எடுத்துப் பாருங்கள். தாய் பால் கொடுப்பதைச் சொல்லும் அதே இடத்தில், அவளுக்கு உணவும் உடையும் தருவது தகப்பன் பொறுப்பு என்றும், யாரையும் சக்திக்கு மேல் சிரமப்படுத்தக் கூடாது என்றும், பிள்ளையை வைத்துத் தாய்க்குத் துன்பம் தரக் கூடாது என்றும் அல்லாஹ் சொல்கிறான். பால் கொடுக்கிற காலத்துக்கென்றே இறங்கிய வார்த்தைகள் அவை.

"ஃபாத்திமா (ரலி) அவர்களே திரிகை சுற்றினார்கள், உனக்கென்ன" என்று மருமகளின் வாயை அடைக்கிறவர்களும் உண்டு. அந்த ஹதீஸில் எனக்குத் தெரிவது வேறு. திரிகை சுற்றியதால் வந்த சிரமத்தை அவர்கள் வாய்திறந்து சொன்னார்கள், ஒரு பணியாள் கிடைக்குமா என்று கேட்கப் போனார்கள். கேட்டதற்காக யாரும் அவர்களைக் குறை சொல்லவில்லை. தகப்பனாரான நபியவர்களே இரவில் தேடி வந்து பக்கத்தில் உட்கார்ந்து, படுக்கும்போது 33 தடவை ஸுப்ஹானல்லாஹ், 33 தடவை அல்ஹம்துலில்லாஹ், 34 தடவை அல்லாஹு அக்பர் சொல்லச் சொன்னார்கள். நீங்களும் சொல்லிவிட்டுப் படுங்கள். உதவியும் கேளுங்கள். ஒன்றைச் செய்தால் மற்றதை விடவேண்டும் என்பதில்லை.

இனி நேரம். கைக்குழந்தை இருக்கிற வீட்டில் கடிகாரத்தைப் பார்த்துப் போடும் அட்டவணை 2 நாள் கூட நிற்காது. வக்துகளை (தொழுகை நேரங்களை) வைத்துப் பிரியுங்கள். சுபுஹ் தொழுத பிறகு பிள்ளை தூங்கினால் நீங்களும் படுத்துவிடுங்கள், அந்த நேரத்தில் அடுப்படிக்குப் போகாதீர்கள். காலைச் சமையலை வேறு யாராவது பார்த்துக்கொள்ளட்டும் என்று இன்றைக்கே வீட்டில் பேசுங்கள். மதியம் ளுஹருக்கும் மாலை அஸருக்கும் நடுவில் ஒரு அரை மணி நேரம் பிள்ளையை யார் கையிலாவது கொடுத்துவிட்டு நிதானமாகக் குளியுங்கள், தலை வாருங்கள், கதவைச் சாத்திக்கொண்டு சும்மா உட்காருங்கள். பெரிய வேலை ஒரு நாளைக்கு ஒன்று போதும். துணி மடித்த அன்று அலமாரியைத் துடைக்க வேண்டாம். மடிக்காத துணி நாற்காலியில் குவிந்து கிடந்தால் யாருக்கும் ஒன்றும் ஆகாது, தூங்காத தாய்க்குத்தான் ஆகும்.

ஓதுவதைப் பற்றி எழுதும்போதே உங்களுக்கு அழுகை வந்திருக்கும் என்று தெரிகிறது. ஜுஸ்உ கணக்கு இப்போது வேண்டாம். பால் கொடுக்கிற நேரத்தில் மனப்பாடமான சூராக்களை (குர்ஆன் அத்தியாயங்களை) மெல்ல ஓதுங்கள், ஒரு நாளைக்கு எட்டு முறை பால் கொடுக்கிறவள் எட்டு முறை ஓதியிருப்பாள், பிள்ளையும் காதில் வாங்கிக்கொண்டே தூங்கும். என் மூத்தவன் 2 மாதக் குழந்தையாக இருந்தபோது ஒரு நாள் இரவு இஷாத் தொழுகையில், நெற்றியைத் தரையில் வைக்கிற ஸஜ்தாவுக்குப் போனவள் அப்படியே தூங்கிப்போய்விட்டேன், நெற்றியில் முஸல்லாவின் (தொழுகை விரிப்பின்) ஓரம் பதிந்த கோட்டோடு எழுந்து உட்கார்ந்து அவ்வளவு அழுதேன். அந்த நாளைக்கு எனக்கு வேண்டியிருந்தது தூக்கம், அதைச் சொல்ல ஆள் இல்லை. உங்கள் உடம்புக்கும் உங்கள் மேல் ஹக், அதாவது உரிமை, இருக்கிறது என்பது நபியவர்கள் சொன்னது, நான் சொல்வதில்லை.

கேள்வி: பிள்ளை மடியிலேயே சிறுநீர் கழித்துவிடுகிறான். ஒவ்வொரு வக்துக்கும் உடை மாற்றி மாற்றித் தொழுகை தள்ளிப்போகிறது. இறக்கிவிட்டால் தொழுது முடிக்கும் வரை வீறிடுகிறான். என்ன செய்வது?

பதில்: சாப்பாடு தொடங்காத ஒரு ஆண் குழந்தையை உம்மு கைஸ் (ரலி) என்ற பெண்மணி நபியவர்களிடம் கொண்டுவந்தபோது, மடியில் உட்கார்ந்திருந்த அது அவர்கள் உடையிலேயே சிறுநீர் கழித்துவிட்டது. அவர்கள் தண்ணீர் கேட்டு வாங்கி அந்த இடத்தில் தெளித்தார்கள், கழுவவில்லை. இதை வைத்து ஷாஃபிஈ மத்ஹபில் (மார்க்கச் சட்டப் பிரிவில்), பால் மட்டுமே குடிக்கிற ஆண் குழந்தையின் சிறுநீர் பட்ட இடம் முழுவதும் நனையும்படி தண்ணீர் தெளித்தால் போதும், பெண் குழந்தை என்றால் கழுவ வேண்டும். ஹனஃபியில் இரண்டுக்கும் கழுவத்தான் வேண்டும். எப்படியானாலும் தொழுகைக்கென்று தலையிலிருந்து கால்வரை மூடுகிற ஒரு அங்கியைத் தனியாக மாட்டிவையுங்கள், உள்ளே ஒன்றை மட்டும் மாற்றிவிட்டு அதைப் போட்டுக்கொண்டு நிற்கலாம், பாதி அலைச்சல் குறையும்.

அழுவதைப் பற்றி: நபியவர்கள் பேத்தி உமாமாவைத் தூக்கிக்கொண்டே தொழுதிருக்கிறார்கள், ஸஜ்தாவில் இறக்கி, எழும்போது மறுபடி தூக்கிக்கொண்டார்கள். பின்னால் ஒரு பிள்ளை அழும் சத்தம் கேட்டால் தாயின் மனம் பதறுமே என்று தொழுகையையே சுருக்கினார்கள். டயப்பரை மாற்றிவிட்டுப் பிள்ளையைத் தூக்கிக்கொள்ளுங்கள், சின்ன சூராக்களாக ஓதுங்கள்.

கேள்வி: ரமளானில் பிள்ளைக்கு 5 மாதம் இருக்கும், தாய்ப்பால் மட்டும்தான். நோன்பு வைக்காவிட்டால் குற்றமா?

பதில்: இல்லை. பால் வற்றிவிடும், பிள்ளைக்கோ உங்களுக்கோ ஆகாது என்ற பயம் இருந்தால் விடச் சலுகை உண்டு, பிறகு களா செய்யுங்கள், அதாவது விட்ட நோன்பை வேறு நாட்களில் வையுங்கள். பிள்ளைக்காக மட்டும் விட்டிருந்தால் ஷாஃபிஈயில் களாவோடு ஃபித்யாவும் (ஏழைக்கு உணவளிக்கும் ஈடு) கொடுக்க வேண்டும், ஹனஃபியில் களா மட்டும். முதல் 6 மாதம் பிள்ளைக்குப் பாலைத் தவிர வேறு ஆகாரம் கிடையாது என்பதை வீட்டுப் பெரியவர்களிடமும் சொல்லிவையுங்கள்.

கேள்வி: என் மனைவிக்குக் குழந்தை பிறந்து 7 வாரம். காரணமே இல்லாமல் அழுகிறாள், பிள்ளை தூங்கினாலும் இவள் தூங்குவதில்லை, "நான் நல்ல தாய் இல்லை" என்கிறாள். ஈமான் (இறைநம்பிக்கை) குறைவால் வருவது, அதிகமாக திக்ரு (இறைநினைவு) செய்யச் சொல் என்கிறார் உம்மா. உண்மையா?

பதில்: தம்பி, நீங்கள் எழுதிக் கேட்டதே பெரிய விஷயம். பிரசவமான முதல் 2 வாரத்தில் காரணமில்லாத அழுகை பெரும்பாலான பெண்களுக்கு வரும், தானாகவே போய்விடும். 2 வாரம் தாண்டியும் நீடித்தால் அது பிரசவத்துக்குப் பின் வரும் மனச்சோர்வாக இருக்கலாம். அது நோய், மருந்தும் ஆலோசனையும் இருக்கிற நோய். காய்ச்சல் வந்தவளை ஈமான் குறைந்தவள் என்று சொல்வோமா? திக்ரு செய்யட்டும், துஆ கேட்கட்டும், அதோடு இந்த வாரமே மருத்துவரிடம் கூட்டிக்கொண்டு போங்கள். பால் கொடுக்கிறார் என்பதையும் சொல்லுங்கள், பால் கொடுக்கும்போதே எடுத்துக்கொள்ளக்கூடிய மருந்துகள் உண்டு. தனக்கோ பிள்ளைக்கோ ஏதாவது செய்துவிடத் தோன்றுகிறது என்று ஒரு சொல் அவர் வாயில் வந்தால் வாரக் கணக்குப் பார்க்காதீர்கள், தனியாக விடாமல் உடனே மருத்துவமனைக்குப் போங்கள்.

உம்மாவிடம் நீங்களே பேசுங்கள், அந்தப் பேச்சை மனைவி தலையில் கட்டாதீர்கள். இன்றிரவு 3 மணிக்கு அவர் பால் கொடுத்து முடித்ததும் பிள்ளையை நீங்கள் வாங்கித் தோளில் போட்டு ஏப்பம் எடுங்கள், துணி மாற்றுங்கள், அவர் திரும்பிப் படுத்துக்கொள்ளட்டும்.