கணித மேதையும் மரத்தெருவும்

கேள்வி: ஃபொமென்கோ என்ற ரஷ்யக் கணித மேதை, நாம் படிக்கும் பழங்கால வரலாறு முழுக்கப் பிற்காலத்தில் இட்டுக்கட்டியது என்று கணக்குப் போட்டு நிரூபித்துவிட்டாராமே? மங்கோலியர் ரஷ்யாவின் மீது படையெடுத்ததே பொய்யாம். யூடியூபில் பார்த்தேன். வரலாற்று ஆசிரியர்கள் யாரும் வாய் திறக்கக் காணோம். நீங்களும் எழுதாமல் இருப்பது பயத்தினாலா? (வாசகர் ஒருவர், திருநெல்வேலி)

பதில்: பயமெல்லாம் இல்லை. நீங்கள் அனுப்பிய காணொளியை முழுசாகப் பார்த்துவிட்டுத்தான் எழுதுகிறேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை போயிற்று, அவ்வளவுதான்.

அனடோலி ஃபொமென்கோ கணிதத்தில் பெரிய ஆள் என்பது உண்மை. மாஸ்கோ அரசுப் பல்கலைக்கழகப் பேராசிரியர், ரஷ்ய அறிவியல் கழக உறுப்பினர். அதை யாரும் மறுக்கவில்லை. ஆனால் வித்துவான் வீணை நன்றாக வாசிக்கிறார் என்பதற்காக மாட்டுக்குப் பிரசவம் பார்க்க அவரைக் கூப்பிடுவீர்களா?

யாரும் வாய் திறக்கவில்லை என்பது தப்பு. 1999 டிசம்பர் 21 அன்று, அவருடைய அதே பல்கலைக்கழகத்தின் வரலாற்றுத் துறை இதற்கென்றே ஒரு கருத்தரங்கம் நடத்தியது. தொல்லியலாளர் வலென்டின் யானின், மொழியியலாளர் ஆந்திரேய் ஸலிஸ்னியாக் போன்றவர்கள் வந்து பேசினார்கள். உங்கள் காணொளிக்காரர் அந்தப் பக்கமே போகவில்லை.

மூலச் சரக்கும் ஃபொமென்கோவுடையது இல்லை. ஜார் காலத்துச் சிறையில் சுமார் 25 ஆண்டு கிடந்த புரட்சிக்காரர் நிக்கொலாய் மொரோசவ் ஆரம்பித்து வைத்தது. பைபிளின் வெளிப்படுத்தின விசேஷத்தில் வரும் குதிரைகளையும் மிருகங்களையும் கிரகங்களாகவும் ராசிகளாகவும் வைத்துக்கொண்டு, அந்த நூல் 395ஆம் ஆண்டில் எழுதப்பட்டது என்று அவர் கணித்தார். தனிச்சிறையில் இருந்தவருக்கு அந்தச் சலுகையைக் கொடுக்கலாம். ஃபொமென்கோ அதை இழுத்த இழுப்பில் இயேசுவே 12ஆம் நூற்றாண்டுக்கு வந்துவிட்டார். இரண்டு அரச வம்சங்களின் ஆட்சி ஆண்டுகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, ஒத்துப்போனால் இரண்டும் ஒன்றே என்கிறார். ஒத்துப்போகாத இடத்தில் இரண்டு ராஜாக்களை ஒருவராக்கலாம், ஒருவரை இரண்டாக்கலாம். இந்த வசதி இருந்தால் என் வீட்டு மளிகைக் கணக்கும் மின்சாரக் கட்டணமும்கூட ஒரே வம்சம்தான்.

மங்கோலியர் விஷயத்துக்கு அவர் தரும் சான்று என்ன? மங்கோலியா என்பது ‘பெரிய’ என்ற பொருளுள்ள கிரேக்கச் சொல்லாம். படையெடுத்து வந்த பாது கான், ரஷ்யனில் அப்பனைக் குறிக்கும் ‘பாத்கா’வாம். காதுக்கு ஒத்தால் போதும், சொல்லுக்குச் சொந்தம் கொண்டாடிவிடலாம் என்ற இந்த விளையாட்டு நம்மூருக்கும் புதிதில்லை, யாரென்று சொல்லி வம்பில் மாட்டிக்கொள்ளவில்லை.

சரி, இத்தனை பேர் ஏன் நம்பினார்கள்? சதுரங்க வீரர் காஸ்பரோவ்கூடச் சில காலம் இதை ஆதரித்தார். ரஷ்யர்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. 1988இல் சோவியத் பள்ளிகளில் வரலாற்றுத் தேர்வையே ரத்து செய்தார்கள். பாடப்புத்தகத்தில் இருப்பது பொய் என்று அரசே ஒப்புக்கொண்ட மாதிரி. ரஷ்யாவின் கத்தீன் என்ற இடத்தின் பெயரால் அறியப்படும் படுகொலையைப் பாருங்கள். 1940இல் போலந்து அதிகாரிகள் உட்படச் சுமார் 22,000 பேரைச் சுட்டுக் கொன்றது சோவியத் ரகசியப் போலீஸ். நாஜிகள் செய்தது என்று ஐம்பது வருஷம் சாதித்தார்கள். 1990இல் கொர்பச்சோவ் அரசு ஒப்புக்கொண்டது. 1992இல் ஸ்டாலின் கையெழுத்திட்ட தீர்மானமே வெளியே வந்தது. இப்படி ஏமாந்தவன் எதையும் சந்தேகப்படத்தான் செய்வான். ஆனால் கவனியுங்கள்: அந்தப் பொய்யை உடைத்தது, மண்ணிலிருந்து எடுத்த எலும்புகளும் பெட்டகத்திலிருந்து எடுத்த காகிதமும். யாரும் ‘ஸ்டாலின்’ என்ற பெயரைத் திருப்பிப் படித்துக் கண்டுபிடிக்கவில்லை.

இப்போது வடமேற்கு ரஷ்யாவில் இருக்கும் நோவ்கொரோத் என்ற பழைய நகரத்துக்கு வாருங்கள். ஃபொமென்கோவுக்கு இந்த ஊர்மேல் தனிக் கோபம். பழைய நோவ்கொரோத் இதுவே இல்லை, யாரோஸ்லாவ்ல் என்ற வேறு ரஷ்ய நகரம்தான் என்கிறார். ஊரின் மண் ஈரக் களிமண். காற்றுப் புகாததால் மரம், தோல் எதுவும் மட்காது. தெருவுக்கு அங்கே மரக்கட்டை பாவுவார்கள். சேறு ஏறியதும் அதன் மேலேயே புதுசாக இன்னொரு வரிசை. இப்படி ஒரே தெருவில் 28 அடுக்குகளைத் தோண்டி எடுத்தார்கள். கட்டைகளின் மரவளையங்களை எண்ணிப் பார்த்ததில் அடி அடுக்கு 953ஆம் ஆண்டு, மேல் அடுக்கு 1462ஆம் ஆண்டு. அதாவது பதினெட்டு, இருபது வருஷத்துக்கு ஒரு தடவை ரோடு போட்டிருக்கிறார்கள். நம் நகராட்சிகள் கவனிக்க.

அந்தக் கட்டைகளின் இடுக்கில், 1951 ஜூலை 26 அன்று, அகழாய்வில் வேலை செய்துகொண்டிருந்த நீனா அகூலவா ஒரு சுருட்டிய பிர்ச் மரப்பட்டையைப் பார்த்தார். உள்ளே எழுத்துக் கீறல். குழுத் தலைவர் ஆர்த்ஸிகோவ்ஸ்கிக்குக் கொஞ்ச நேரம் பேச்சே வரவில்லையாம். அப்புறம், நூறு ரூபிள் பரிசு, இதற்காக இருபது வருஷம் காத்திருந்தேன் என்றாராம். இதுவரை ஆயிரத்துக்கும் மேல் பட்டைக் கடிதங்கள் கிடைத்துவிட்டன. கடன் பாக்கி, மீன் கணக்கு, ‘என்னைக் கட்டிக்கொள்’ என்று மிகீதா உல்யானாவுக்கு எழுதியது. 11ஆம் நூற்றாண்டுப் பெண் ஒருத்தி, மூன்று முறை ஆள் அனுப்பியும் நீ வரவில்லையே, என்மேல் என்ன வருத்தம் என்று கேட்கிறாள். அந்தப் பட்டையை யாரோ கிழித்து முடிச்சுப் போட்டு எறிந்திருக்கிறார்கள்.

வரலாற்றுக் குறிப்பேடுகளை எல்லாம் 17, 18ஆம் நூற்றாண்டுகளில் திருத்தி எழுதிவிட்டார்கள் என்பது ஃபொமென்கோ கட்சி. அந்தக் குறிப்பேடுகளில் ஒன்த்ஸிஃபோர் லூகினிச் என்ற நகரத் தலைவர் 14ஆம் நூற்றாண்டில் வருகிறார். அவருடைய குடும்பத்தின் கடிதங்கள் மண்ணுக்கு அடியிலிருந்து கிடைத்தன. 1951 வரை யார் கண்ணிலும் படாத பட்டையில், குறிப்பேட்டோடு ஒத்துப்போகும்படி யார் போய்க் கீறி வைத்தார்கள்?

அறிஞர்கள் கூட்டுச் சேர்ந்து மறைக்கிறார்கள் என்று நினைக்கிறீர்களா? 247ஆம் எண் பட்டைக் கடிதத்தில் ‘கேலே’ என்று ஒரு சொல். துறவியின் அறை என்று படித்து, அறைக் கதவை உடைத்த திருட்டு வழக்கு என்று வெகுகாலம் எழுதி வந்தார்கள். ஸலிஸ்னியாக் வந்தார். மற்ற ஸ்லாவ் மொழிகளில் ‘த்ஸ’ ஆகிவிட்ட ஒலி, பழைய நோவ்கொரோத் பேச்சில் ‘க’வாகவே நின்றுவிட்டது என்று காட்டினார். அப்படியானால் ‘கேலே’ என்றால் ‘சேதமில்லாமல்’. பூட்டு உடையவில்லை, கதவு உடையவில்லை, திருட்டே நடக்கவில்லை! மூத்தவர்களின் வாசிப்பைத் தலைகீழாக்கிய அந்த மனிதரை யாரும் அமுக்கவில்லை. அறிவியல் கழகத்தில் உறுப்பினராக்கி வைத்துக்கொண்டார்கள்.

கடைசியாக ஒன்ஃபிம். 13ஆம் நூற்றாண்டுப் பொடியன், 1956இல் கிடைத்தான். ஒரு பட்டைக் கூடையின் அடிப்பாகத்தில் அகர வரிசை எழுதிப் பழகியிருக்கிறான். அலுத்துப் போய்ப் பட்டையைத் திருப்பி, வால் சுருண்ட ஒரு மிருகத்தை வரைந்து, ‘நான் காட்டு மிருகம்’ என்று எழுதி, பக்கத்தில் தோழன் தனீலோவுக்கு வணக்கமும் சொல்லியிருக்கிறான். இன்னொரு பட்டையில் குதிரைமேல் ஈட்டியோடு ஒரு வீரன். பெயர் ஒன்ஃபிம் என்றே போட்டுக்கொண்டான்.

அடுத்த காணொளி அனுப்பும்போது ஒரு உதவி செய்யுங்கள். 28 அடுக்குத் தெருவை யார், எந்த வருஷம் கொண்டுபோய்ப் புதைத்தார்கள் என்பது எத்தனையாவது நிமிடத்தில் வருகிறது என்று குறித்து அனுப்புங்கள். அங்கிருந்து பார்த்துக்கொள்கிறேன்.