பிஸ்கட் கடன் – ஒரு கடிதமும் பதிலும்

ஐயா, வணக்கம்.

உங்கள் தளத்தைப் பல வருடங்களாகப் படித்து வருகிறேன். எழுதுவது இதுதான் முதல் தடவை. என் பெயரைப் போட வேண்டாம்.

என் தம்பிக்கு 24 வயது. கடன்முதலைகளுக்காக, கடன் கட்டாதவர்களின் வீட்டுக் கதவுகளில் பெயின்ட் ஊற்றிய வழக்கில் உள்ளே இருக்கிறான். ஆரம்பத்தில் பார்க்கப் போனபோது நன்றாகத்தான் பேசினான். இப்போது ரொம்ப இளைத்துவிட்டான். முகத்தைப் பார்த்துப் பேசுவதில்லை. போன தடவை கண்ணாடிக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்துகொண்டு ஒரு போன் நம்பரைச் சொல்லி, "இதுக்கு 200 வெள்ளி பேநவ் பண்ணிடுக்கா, ஏன்னு கேக்காதே" என்றான். வற்புறுத்திக் கேட்டதில், அறையில் கூட இருப்பவரின் மனைவியுடைய நம்பர் என்று மட்டும் சொன்னான்.

அப்பாவிடம் சொன்னேன். "ஆம்பளப் பிள்ளைதானே, திருப்பி ரெண்டு போட்டா அடங்கிடுவானுங்க" என்கிறார். அம்மாவுக்குத் தெரியாது. புகார் கொடுத்தால் அவன் நிலைமை இன்னும் மோசமாகுமோ என்று பயமாக இருக்கிறது. பணத்தைக் கட்டிவிடலாமா? எனக்குப் புரியாத இன்னொன்று, ஒரே கஷ்டத்தில் அடைபட்டுக் கிடப்பவர்கள் எப்படி ஒருவரை ஒருவர் இப்படி வதைக்கிறார்கள்?

ஒரு வாசகி, உட்லண்ட்ஸ், சிங்கப்பூர்

*

அன்புள்ள சகோதரிக்கு,

பணத்தை அனுப்பாதீர்கள். மற்றதெல்லாம் அப்புறம். வெளியே ஓர் அக்கா இருக்கிறாள், கேட்டால் கொடுப்பாள் என்று உள்ளே தெரிந்துவிட்டால் 200 வெள்ளியோடு அது நிற்காது. உங்கள் தம்பிக்கே இது தெரிந்திருக்கும். ஆ லோங் என்கிற கடன்முதலையிடம் பயந்து கட்டியவன் வீட்டுக்குத்தான் ஆள் திரும்பத் திரும்ப வரும்.

கூட இருப்பவர் குடும்பத்துக்கு நல்ல மனதோடு உதவச் சொல்லியிருக்கலாமே என்று நீங்கள் கேட்கலாம். இருக்கலாம். ஆனால் உதவி செய்யச் சொல்பவன் "ஏன்னு கேக்காதே" என்று சொல்லமாட்டான். இளைத்திருக்கிறான் என்று வேறு எழுதியிருக்கிறீர்கள். தன் சாப்பாட்டை யாருக்காவது கொடுத்துக்கொண்டிருக்கிறானா என்பதுதான் எனக்கு முதலில் தோன்றியது.

மறுவாழ்வு இல்லம் ஒன்றில் சில காலம் தமிழ் வாசிப்பு வகுப்பு எடுத்தேன். வகுப்பு முடிந்து தேநீர் குடிக்கும்போதுதான் உண்மையான பேச்சு வரும். அங்கே ஒருவர், பல வருடங்களுக்கு முன்னால் உள்ளே இருந்தவர், சொன்னதை அப்படியே தருகிறேன். புதிதாக வருபவன்மேல் யாரும் எடுத்தவுடன் கை வைக்கமாட்டார்களாம். பிஸ்கட் கொடுப்பார்கள். "சாப்பிடு தம்பி, கேன்டீன் வந்ததும் குடுத்துக்கலாம்." கேன்டீன் நாள் வந்ததும் ஒரு பாக்கெட்டுக்கு இரண்டு பாக்கெட். அடுத்த தடவைக்குள் கொடுக்காவிட்டால் நாலு. கொடுக்க வழியில்லாதவன் அடுத்தவன் துணியைத் துவைப்பான், தன் தட்டில் இருக்கும் கோழித்துண்டை எடுத்துக் கொடுப்பான். நம் ஊர்ச் சிறை அறைகளில் கட்டில் கிடையாது, தரையில் பாய்தான். கழிவறையும் அறைக்குள்ளேயே. "யார் பாய் கக்கூசுக்குப் பக்கத்துல கெடக்குதுன்னு பாருங்க சார், அவன்தான் கடன்காரன்" என்றார். அவரும் அந்த இடத்தில் படுத்தவர்தான். பிறகு அந்த இடத்தில் வேறொருவனைப் படுக்க வைத்தவரும் அவர்தான். இரண்டையும் ஒரே குரலில் சொன்னார்.

இங்கிலாந்துச் சிறைகளிலும் இதே ஒன்றுக்கு இரண்டு கணக்குதான். 'டபுள் பபிள்' என்பார்கள். அங்கே பெரும்பாலும் புகையிலையில் ஓடிய வியாபாரம் இது. இங்கே சிறைக்குள் புகையிலைக்கே இடமில்லை என்பதால் பிஸ்கட்டும் சாப்பாடும் அந்த இடத்துக்கு வந்துவிடுகின்றன. தடை செய்வதால் வியாபாரம் நிற்பதில்லை, சரக்குதான் மாறுகிறது.

ஒரே கஷ்டத்தில் இருப்பவர்கள் ஏன் வதைக்கிறார்கள் என்ற கேள்விக்கு வருகிறேன். கிரெஷம் சைக்ஸ் என்ற அமெரிக்கச் சமூகவியலாளர் நியூ ஜெர்சியில் ஒரு சிறையை ஆராய்ந்து 1958-இல் எழுதினார். சிறை ஒருவனிடமிருந்து பறிப்பவை ஐந்து என்றார்: சுதந்திரம், பொருள் வசதி, பெண் துணை, தன் காரியத்தைத் தானே முடிவு செய்யும் உரிமை, கடைசியாகப் பாதுகாப்பு. இந்த ஐந்தாவதை வெளியில் இருக்கும் நாம் யோசிப்பதே இல்லை. சிறைக்குள் எல்லாருக்கும் காவல் இருக்கிறது என்று நினைக்கிறோம். ஆனால் அங்கே இருப்பவனுக்குப் பெரிய தண்டனை, மற்ற கைதிகளோடு இருக்கவேண்டியிருப்பதுதான். எப்போது எழுவது, எதைத் தின்பது, எப்போது வெயிலைப் பார்ப்பது என்று எதுவுமே தன் கையில் இல்லாதவனுக்கு, இன்னொருவனை "எழுந்திரு, உன் பாயை அங்கே போடு" என்று சொல்ல முடிவது பெரிய விஷயமாகிவிடுகிறது. நாளின் பெரும்பகுதி பூட்டிய அறைக்குள் கழிகிறது. சலிப்பும் ஒரு காரணம். இதைச் சாதாரணமாக நினைக்காதீர்கள்.

இதனால் வதைப்பவன் எல்லாம் பாவம் என்று சொல்ல வரவில்லை. வெளியே கும்பலில் இருந்தவன் அந்தப் பழக்கத்தோடுதான் உள்ளே வருகிறான். ரகசியக் கும்பல் பெயரைச் சொல்லியே காரியம் சாதிப்பவர்கள் உண்டு. ஆனால் கெட்டவர்கள் கூடினால் கெட்டதுதான் நடக்கும் என்று முடித்துவிட்டால் தடுப்பதற்கு ஒரு வழியும் இல்லாமல் போய்விடும். அந்த விளக்கம் சோம்பேறித்தனமானது.

ஜேன் அயர்லாந்து என்ற பிரிட்டிஷ் உளவியலாளர் 1990-களிலிருந்து கைதிகளுக்கிடையே நடக்கும் பகடிவதையையே (bullying) தன் ஆய்வாக எடுத்துக்கொண்டவர். யார் உன்னை வதைக்கிறார்கள் என்று நேராகக் கேட்டால் யாரும் சொல்லமாட்டார்கள் என்பதால் 'பகடிவதை' என்ற சொல்லையே தவிர்த்துவிட்டு, இது உனக்கு நடந்ததா, இதை நீ செய்தாயா என்று சிறுசிறு செயல்களாகக் கேட்டார். அதில் கைதிகள் நான்கு வகையாகப் பிரிந்தார்கள். வதைப்பவர் மட்டும், வதைபடுபவர் மட்டும், எதிலும் சேராதவர், இரண்டும் செய்பவர். அந்தக் கடைசி வகை சிறிய கூட்டம் அல்ல. அடி உதையைப் போலவே புரளி கிளப்புவது, ஒதுக்கி வைப்பது, ஆளை வைத்து மிரட்டுவது எல்லாம் சாதாரணமாக நடக்கின்றன என்பதையும் காட்டினார். பள்ளிப் பகடிவதைக்குச் சொல்லும் இலக்கணம், அதாவது திரும்பத் திரும்ப நடக்கவேண்டும் என்பது, சிறைக்குப் பொருந்தாது என்பது அவர் வாதம். ஒரு தடவை நடந்தாலே போதும், மறுபடி நடக்குமோ என்ற பயம் மீதி வேலையைச் செய்துவிடும்.

இதை எழுதத் தயக்கமாகத்தான் இருக்கிறது, ஆனாலும் எழுதுகிறேன். உங்கள் தம்பியும் இன்னொரு பையனிடம் பிஸ்கட்டுக்கு இரட்டிப்பு கேட்டுக்கொண்டிருக்கலாம். தன் கடனை அடைக்க அவனுக்கு வேறு வழி இல்லையென்றால் அதைத்தான் செய்வான்.

நம் ஊரில் சிறை வன்முறை என்றதும் பெரியவர்கள், கும்பல்காரர்களை அடைத்து வைத்திருந்த புலாவ் செனாங் தீவின் கதையை ஆரம்பித்துவிடுவார்கள். 1963 ஜூலை 12-ஆம் தேதி தீவே எரிந்தது, கண்காணிப்பாளர் கொல்லப்பட்டார், பின்னால் 18 பேர் தூக்கிலிடப்பட்டார்கள். அது ஊரறிந்த சத்தம். நாம் பேசுவது சத்தமே வராத விஷயம். இப்போதைய சிறைகளில் அறைக்குள் சண்டை நடந்தால் கண்டுபிடித்து எச்சரிக்கும் கேமரா ஏற்பாடெல்லாம் வந்துவிட்டது. நல்லதுதான். ஆனால் ஓங்கிய கை கேமராவில் விழும், தட்டு மாறும் கோழித்துண்டு பகிர்ந்து சாப்பிடுவது போலத்தான் தெரியும்.

அப்படியானால் எதுதான் தடுக்கும்? யாரை யாரோடு போடுகிறார்கள் என்பதுதான் முதல் விஷயம் என்பேன். லண்டனில் ஃபெல்தம் என்ற இளையர் சிறையில் ஸாஹித் முபாரக் என்ற 19 வயதுப் பையன் இருந்தான். 2000 மார்ச் 21-ஆம் தேதி காலை அவன் விடுதலையாக வேண்டும். விடிவதற்குள் கூட இருந்தவன் மேசைக்காலால் அடித்ததில் ஒரு வாரத்தில் இறந்தான். அடித்தவன் இனவெறி பிடித்தவன் என்பது அவன் எழுதிய கடிதங்களிலேயே இருந்தது. கடிதங்கள் சிறை ஊழியர் கண்ணிலும் பட்டிருந்தன. ஆனால் அந்த ஒருவருக்குத் தெரிந்தது அறை ஒதுக்கும் இன்னொருவரிடம் போய்ச் சேரவில்லை. குடும்பம் வருடக்கணக்கில் போராடிப் பொது விசாரணை வாங்கியது, 2006-இல் அறிக்கை வந்தது. இன்று அங்கே இரண்டு பேரை ஓர் அறையில் அடைக்குமுன் ஆபத்தைக் கணிக்கவேண்டும் என்பது நடைமுறை. கைதிகளை எப்படி நடத்துவது என்று 2015-இல் ஐநா ஏற்ற மண்டேலா விதிகளும் பலர் சேர்ந்து படுக்கும் இடமென்றால் ஒத்துப்போகக்கூடியவர்களாகப் பார்த்துப் போடச் சொல்கின்றன.

அதே விதிகளில் 40-ஆவது, எந்தக் கைதிக்கும் மற்றவர்களைத் தண்டிக்கும் பொறுப்பைத் தராதே என்கிறது. நமக்கு இதில் ஒரு பழைய தொடர்பு உண்டு. 1825-இலிருந்து கொண்டுவரப்பட்ட இந்தியக் கைதிகள்தான் இங்கே சாலை போட்டார்கள், செயின்ட் ஆண்ட்ரூஸ் தேவாலயத்தைக் கட்டினார்கள். அவர்களை மேய்த்த வார்டர்களும் பெரும்பாலும் கைதிகள்தான். வெள்ளைக்காரர்கள் அந்த ஏற்பாட்டைப் பெருமையாக எழுதி வைத்திருக்கிறார்கள். செலவும் குறைவு அல்லவா! அந்த வார்டர்களின் கீழே இருந்தவன் என்ன நினைத்தான் என்று எழுத ஆள் இல்லை.

இரண்டாவது, சொல்பவனுக்குக் கிடைக்கும் வரவேற்பு. புகார் சொன்னவனைப் பாதுகாப்புக்காகத் தனியறையில் போட்டால் அவனுக்கு அது தண்டனைதான். பார்த்துக்கொண்டிருக்கும் மற்றவர்களும் வாயை மூடிக்கொள்வார்கள். பிடிபட்டவனைக் கடுமையாகத் தண்டிப்பதைவிட, அதிகாரி தினமும் நாலு வார்த்தை பேசி, யார் கேன்டீனில் வாங்கியும் எதுவும் தின்னாமல் இருக்கிறான், யார் உடற்பயிற்சி யார்டுக்கு வரவே தயங்குகிறான் என்று கவனிப்பதுதான் அதிகம் பலன் தரும் என்று நான் நினைக்கிறேன்.

இனி நீங்கள் செய்யவேண்டியது. நம் சிறைகளில் ஒவ்வொரு கைதிக்கும் பெர்சனல் சூப்பர்வைசர் என்று ஓர் அதிகாரி இருப்பார். அவருக்குப் போய்ச் சேரும்படி எழுதுங்கள். தம்பி மாட்டிக்கொடுத்தான் என்ற பெயர் வராமலிருக்க, நீங்களாகப் பார்த்ததை மட்டும் எழுதுங்கள்: இந்தத் தேதியில் பார்த்தேன், இளைத்திருக்கிறான், பயந்திருப்பதாகத் தெரிகிறது, அறை மாற்றம் பற்றி யோசிக்க முடியுமா. 200 வெள்ளி விஷயத்தையும் மறைக்காதீர்கள், ஆனால் தம்பி சொல்லித் தெரிந்தது என்பது வெளியே வராமல் விசாரிக்கும்படி கேட்டுக்கொள்ளுங்கள். பதில் திருப்தியாக இல்லையென்றால், சிறைகளை முன்னறிவிப்பில்லாமல் வந்து பார்க்கும் விசிட்டிங் ஜஸ்டிஸ்கள் இருக்கிறார்கள். அவர்களிடம் கைதியே நேரில் முறையிடலாம் என்று தம்பிக்குச் சொல்லி வையுங்கள். சாகலாம் போலிருக்கிறது என்கிற மாதிரி ஒரு வார்த்தை அவன் வாயில் வந்தால் கடிதமெல்லாம் வேண்டாம், அன்றைக்கே, அந்த இடத்திலேயே அதிகாரியிடம் சொல்லிவிட்டு வெளியே வாருங்கள்.

அப்பாவிடம் இதைச் சொல்லுங்கள். 2014-இல் வந்த நிபந்தனை விடுதலை முறைப்படி பொதுவாகத் தண்டனையில் மூன்றில் இரண்டு பங்கு முடிந்ததும் வெளியே வரலாம். உள்ளே கைகலப்பில் சிக்கினால் அந்த மீதிக் காலத்தில் கைவைப்பார்கள். திருப்பி ரெண்டு போட்டால் அவன் வீட்டுக்கு வருவதுதான் தள்ளிப்போகும்.

அடுத்த தடவை பார்க்கும்போது "யாராவது அடிக்கிறாங்களா" என்று கேட்காதீர்கள், இல்லை என்றுதான் சொல்வான். கேன்டீன்ல போன தடவை என்ன வாங்கினே, அதை நீயா சாப்பிட்டே, எங்கே படுக்கிறே என்று சாதாரணமாகக் கேளுங்கள். பணம் அனுப்பவில்லை என்பதையும் நீங்களே சொல்லிவிடுங்கள். அக்கா தரமாட்டேன்னுட்டா என்று அவன் உள்ளே போய்ச் சொல்வதற்கு அது உதவும். கோபித்துக்கொள்வான், கொள்ளட்டும். அந்தப் பெண்ணின் நம்பரிலிருந்து உங்களுக்கு அழைப்போ செய்தியோ வந்தால் பதில் போடாதீர்கள், அழிக்கவும் வேண்டாம், ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைத்துக்கொண்டு போலீசில் சொல்லுங்கள்.