எடின்பரோ மேடையும் ஒற்றை வரி ஜோக்கும்: வாசகர் கேள்விகளுக்குப் பதில்

கேள்வி: ஒவ்வோர் ஆகஸ்டிலும் ஸ்காட்லாந்தின் எடின்பரோ நகரில் நடக்கும் ‘ஃப்ரிஞ்ச்’ கலைவிழாவின் ‘சிறந்த ஜோக்’ என்று நாளிதழ்களில் ஒரு வரி வெளியாகிறது. தமிழில் படித்தால் சிரிப்பே வருவதில்லை. அங்கே சொல்லப்பட்டவற்றில் அவைதாம் மிகச் சிறந்தவையா?
— வாசகி, கும்பகோணம்

பதில்: சிரிப்பு வராததில் குறை உங்களுடையதன்று, மொழிபெயர்த்தவருடையதும் அன்று. 2008 முதல் ஒரு பிரிட்டிஷ் தொலைக்காட்சி அலைவரிசை வழங்கிவந்த அந்தப் பரிசுக்கு, விமர்சகர்கள் நிகழ்ச்சிகளிலிருந்து ஒற்றை வரி ஜோக்குகளைப் பொறுக்கி எடுத்துத் தர, சொன்னவர் பெயரை மறைத்துப் பொதுமக்களிடம் வாக்குக் கேட்பார்கள். சொன்னவரின் முகமும் குரலும், கடைசிச் சொல்லுக்கு முன் அவர் விடும் இடைவெளியும் இல்லாமல் வெறும் தாளில் நிற்கக்கூடிய ஜோக்தான் அதில் வெல்ல முடிந்தது. ஆகவே பெரும்பாலும் சிலேடையே வென்றுவந்தது.

2017இல் வென்ற கென் செங்கின் வரியைப் பாருங்கள். புதிய பவுண்டு நாணயம் தமக்குப் பிடிக்கவில்லை என்றும், தமக்கு எந்தச் ‘சேஞ்ச்’சுமே பிடிக்காது என்றும் அவர் சொன்னார். பேருந்தில் நடத்துநர் நம்மிடம் கேட்கும் அதே ‘சேஞ்ச்’தான், சில்லறை என்றும் மாற்றம் என்றும் அது இரு பொருள் படுகிறது. அந்த ஆண்டு மார்ச்சில்தான் பன்னிரண்டு பக்கங்கள் கொண்ட புதிய நாணயம் புழக்கத்துக்கு வந்திருந்தது. பழைய வட்ட நாணயமோ அக்டோபர் வரை செல்லுபடியாகும் நிலையில் இருந்தது. ஆகஸ்டில் மக்கள் பையில் இரண்டும் கலந்து கிடந்தன என்பதையும் சேர்த்து நினைத்தால்தான் அந்த வரியின் சுவை முழுதாகப் புலப்படும்.

2023இல் வென்ற லோர்னா ரோஸ் ட்ரீன், மிருகக்காட்சிசாலை ஊழியர் ஒருவரைக் காதலித்ததாகவும், அவர் ஒரு ‘சீட்டா’ என்பது பிறகுதான் தெரிந்தது என்றும் சொன்னார். சிவிங்கிப்புலியைக் குறிக்கும் அந்தச் சொல்லும், ஏமாற்றுக்காரரைக் குறிக்கும் ‘சீட்டர்’ என்ற சொல்லும் இங்கிலாந்துக்காரர் நாவில் ஒன்றாகவே ஒலிக்கும். கடைசி எழுத்தை அழுத்திச் சொல்லிப் பழகிய நமக்கு, ஆங்கிலம் நன்றாகத் தெரிந்திருந்தும் அது சட்டென்று பிடிபடாது. பாம்புக்கும் வாழைப்பழத்துக்கும் பொருந்தும்படி ‘நஞ்சிருக்கும்’ என்று காளமேகப் புலவர் பாடியதை ஆங்கிலமாக்கினாலும் இதே கதிதான். விஷம் ஒரு பக்கமும் நைந்த பழம் இன்னொரு பக்கமுமாகப் பிரிந்துவிடும்.

ஆனால் 2018இல் வென்ற ஆடம் ரோவின் ஜோக் தமிழிலும் நிற்கிறது. வேலையில்லாதோர் பதிவு செய்யும் அலுவலகத்தில் வேலை பார்ப்பது பதற்றமான காரியம், ஏனெனில் வேலையைவிட்டு நீக்கினாலும் மறுநாள் அங்கேதான் வந்து நிற்க வேண்டும் என்றார் அவர். இதன் உயிர் சொல்லில் இல்லை, நிலைமையில் இருக்கிறது.

மிகச் சிறந்தவையா என்ற கேள்விக்கு, இல்லை என்பதே என் பதில். கென் செங் வென்ற அதே 2017இல், விழாவின் முதன்மையான நகைச்சுவை விருதை ஜான் ராபின்ஸுடன் பகிர்ந்துகொண்டவர் ஆஸ்திரேலியக் கலைஞர் ஹன்னா காட்ஸ்பி. அவருடைய ‘நானெட்’ நிகழ்ச்சியில் ஒரு பேருந்து நிறுத்தக் கதை வருகிறது. தன் காதலியிடம் யாரோ ஓர் ஆண் பேசுகிறான் என்று எண்ணி ஒருவன் காட்ஸ்பியை அடிக்க வருகிறான்; பெண் என்று தெரிந்ததும் பின்வாங்குகிறான்; அரங்கம் சிரிக்கிறது. நெடுநேரம் கழித்து அவர் அந்தக் கதைக்கே திரும்பி வந்து, ஜோக்காக வேண்டும் என்பதற்காகத் தாம் அதைப் பாதியில் நிறுத்தியதாகவும், உண்மையில் அந்த ஆள் திரும்பி வந்து தம்மை அடித்து நொறுக்கியதாகவும் சொல்கிறார். எதைக் கேட்டுச் சிரித்தோம் என்பது அப்போதுதான் நமக்கு விளங்குகிறது. ஒரு மணி நேரத்தை முழுதாகக் கையாளும் இந்தக் கலையை எந்த ஒற்றை வரிப் பட்டியலும் காட்டாது.

கேள்வி: அங்கே மேடையேறுவோரைத் தேர்ந்தெடுப்பவர் யார்?
— வாசகர், சேலம்

பதில்: யாரும் இல்லை. 1947இல் எடின்பரோ சர்வதேச விழா தொடங்கியபோது, அழைப்பில்லாமலேயே வந்து நாடகம் போட்ட எட்டுக் குழுக்களிலிருந்து வளர்ந்தது இந்த விழா. ஓரம் என்று பொருள்படும் ‘ஃப்ரிஞ்ச்’ என்ற பெயரும் அதனால் வந்ததே. நிகழ்ச்சி நடத்த ஓர் இடம் கிடைத்தால் போதும்.

கேள்வி: நம்மவர் எவராவது அங்கே பெயர் பெற்றிருக்கிறாரா?
— வாசகர், யாழ்ப்பாணம்

பதில்: இலங்கைத் தமிழ்ப் பெற்றோருக்கு இங்கிலாந்தில் பிறந்த ரொமேஷ் ரங்கநாதன் 2013இல் அங்கே புதுமுக விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டார்; அதற்கு முன் அவர் பள்ளியில் கணித ஆசிரியர். 2023இல் மும்பையைச் சேர்ந்த உரூஜ் அஷ்ஃபாக் அந்தப் புதுமுக விருதை வென்றார் என்பதும் மகிழ்ச்சிக்குரியது.

கேள்வி: அவ்வளவு பெரிய விழாவில் நல்ல வருமானம் கிடைக்குமே?
— வாசகி, கோவை

பதில்: பலர் கைப்பணத்தைப் போட்டுத்தான் ஆடுகிறார்கள். அரங்க வாடகை ஒருபுறம். ஆகஸ்டில் ஏறிவிடும் தங்குமிட வாடகை அதைவிடப் பெரிய சுமை. கதவு எல்லாருக்கும் திறந்திருக்கிறது என்ற பெருமையை இந்தச் செலவு அரித்துக்கொண்டிருப்பது எனக்கு உண்மையான வருத்தம் தருகிறது. பகலில் ராயல் மைல் தெருவில் நின்று துண்டுப் பிரசுரம் கொடுத்து ஆள் சேர்ப்பவர்களில் பலர், மாலையில் மேடையேறும் கலைஞர்களே. அனுமதி இலவசம் என்று மதுவிடுதிகளின் சிறு அறைகளில் நடக்கும் நிகழ்ச்சிகளில், கடைசி ஜோக் முடிந்ததும் கலைஞர் பார்வையாளர்களுக்கு முன்பாகவே வாசலுக்குப் போய், காசு வாங்கக் கையில் வாளியுடன் நின்று, வெளியே வருகிற ஒவ்வொருவருக்கும் நன்றி சொல்வார்.