ஃபூகெட் ஸ்பீட்போட்ல முதுகெலும்பு உடைஞ்சது, ஏஜென்ட் கைய விரிக்கிறார், கேஸ் போட முடியுமா?

கேள்வி: வக்கீல் சார், நாங்க திருப்பூருங்க. போன செப்டம்பர்ல நான், மனைவி, பையன், மாமியார் நாலு பேரும் ஃபூகெட் போனோம். கோயமுத்தூர்ல ஒரு டிராவல்ஸ்ல பேக்கேஜ், மொத்தம் 2,36,000 ரூபா கட்டினோம். மூணாவது நாள் ஸ்பீட்போட்ல பீபீ தீவு, ஸ்நார்க்லிங், மாயா பேனு போட்டிருந்துச்சு. பின்னாடி சீட்டெல்லாம் வேற குரூப் உக்காந்துட்டாங்க, கைடு எங்கள முன்னாடி போகச் சொன்னார், வியூ நல்லா இருக்கும்னார். ஒரு பெரிய அலைல போட் தூக்கி அடிச்சதுல மனைவிக்கு முதுகுல எலும்பு உடைஞ்சிடுச்சு, இடுப்பு முதுகோட முதல் எலும்பு, எல்1னு ரிப்போர்ட்ல இருக்கு. மூணு மாசம் பெல்ட் போட்டு படுத்தே இருந்தா, பனியன் கம்பெனில மெர்ச்சன்டைசர் வேல, லீவு முடிஞ்சு சம்பளமும் போச்சு. அங்க ஆஸ்பத்திரி முதல் பில்ல போட் கம்பெனிக்காரங்களே கட்டிட்டு தாய்லாந்து மொழில ஒரு பேப்பர்ல என்கிட்ட கையெழுத்து வாங்கினாங்க. காலைல ஜெட்டிலயும் ஒரு ஃபார்ம்ல கையெழுத்து போட்டோம், அதுல முதுகுவலி இருக்கானு கேட்டதுக்கு மனைவி இல்லனு டிக் பண்ணிட்டா, ஆனா 2021ல டிஸ்க் ப்ராப்ளத்துக்கு ட்ரீட்மென்ட் எடுத்திருக்கா. ஏஜென்ட் "நாங்க வெறும் புக்கிங்தான், அங்க நடந்ததுக்கு நாங்க பொறுப்பில்ல, கையெழுத்து வேற போட்டிருக்கீங்க"ங்கிறார். இன்சூரன்ஸ்காரங்க அட்வென்ச்சர் ஸ்போர்ட்ஸ்னு ரிஜெக்ட் பண்ணிட்டாங்க. தாய்லாந்து போய்தான் கேஸ் போடணுமா?

பதில்: தாய்லாந்து போக வேண்டாம் சார், திருப்பூரைத் தாண்டவே வேண்டாம். நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 2019ல 34வது பிரிவு இருக்கு, புகார் குடுக்கிறவர் எந்த ஊர்ல குடியிருக்காரோ இல்ல வேல பாக்குறாரோ அந்த மாவட்ட நுகர்வோர் ஆணையத்துலயே போடலாம். பழைய சட்டத்துல இந்த வசதி கிடையாது, எதிர்தரப்பு இருக்கிற ஊருக்கோ பிரச்சன நடந்த ஊருக்கோதான் அலையணும். நீங்க கட்டின தொகை 5 லட்சத்துக்குள்ள, அதனால ஃபீஸ் ஒரு பைசா கிடையாது. இன்னொன்னு, இப்ப எந்த ஆணையம்ங்கிறத முடிவு பண்றது நீங்க கட்டின காசு, கேக்கிற நஷ்ட ஈடு இல்ல. 2,36,000 கட்டிட்டு 12 லட்சம் கேட்டாலும் மாவட்ட ஆணையம்தான்.

ஏஜென்ட் சொல்ற "வெறும் புக்கிங்" கதைய எங்கிட்ட வர்ற டூர் கேஸ்ல முக்காவாசி பேர் சொல்லிட்டாங்க. அத உடைக்க உங்ககிட்டயே பேப்பர் இருக்கு. முதல்ல பில்ல எடுங்க. மொத்த பேக்கேஜ் தொகைக்கும் 5% ஜிஎஸ்டி போட்டு டூர் ஆப்பரேட்டர்னு பில் குடுத்திருக்காரா, இல்ல தன் கமிஷனுக்கு மட்டும் தனியா பில் போட்டிருக்காரானு பாருங்க. அப்புறம் உங்க ஃபார்ம் 26ஏஎஸ்ஸ, அதாவது உங்க பேர்ல கட்டின இன்கம்டேக்ஸ் கணக்க, டவுன்லோட் பண்ணுங்க, அதுல அவர் பேர்ல டிசிஎஸ், அதாவது விக்கிறவரே உங்ககிட்ட வாங்கிக் கட்டுற வரி, பிடிச்சிருக்கும். வெளிநாட்டு டூர் பேக்கேஜ விக்கிறவர்தான் அந்த டிசிஎஸ்ஸ பிடிச்சுக் கட்டணும்னு இருக்கு. இன்கம்டேக்ஸ்காரங்ககிட்ட "நான்தான் பேக்கேஜ் வித்தேன்"னு எழுதிக் குடுத்துட்டு ஆணையத்துல வந்து "நான் சும்மா டிக்கெட் போட்டுக் குடுத்தேன்"னு சொல்ல முடியாது. இந்த ஒத்த பேப்பர் நிறைய வாய்தாவ மிச்சம் பண்ணும்.

அந்த போட் கம்பெனிய தேர்ந்தெடுத்தது நீங்களா? இல்ல, அவர்தான், நீங்க பேரையே ஜெட்டில போய்தான் பாத்திருப்பீங்க. அதனால தாய்லாந்து போட் கம்பெனிய எதிர்தரப்பா சேக்க வேண்டாம்ங்கிறது என் கருத்து. சேத்தா வெளிநாட்டுக்கு நோட்டீஸ் போய் சேர்றதுக்கே மாசக்கணக்குல இழுக்கும், வந்தாலும் அவங்க வரமாட்டாங்க. ஏஜென்டும், நடுவுல மொத்த வியாபாரமா பேக்கேஜ் குடுத்த டெல்லி கம்பெனியோ மும்பை கம்பெனியோ வவுச்சர்ல இருந்தா அதுவும், ரெண்டு பேர் போதும். அவங்க கட்டிட்டு போட்காரன்கிட்ட வசூல் பண்ணிக்கிறது அவங்க பாடு.

இப்ப விஷயத்துக்கு வர்றேன், கவனக்குறைவுனு எப்படி காட்றது. ஸ்பீட்போட் அலை மேல ஏறி அந்தப் பக்கம் விழும்போது பின்பக்கம், மோட்டார் இருக்கிற இடம், கொஞ்சமாத்தான் ஆடும், முன்பக்கம்தான் ஒசந்து எழும்பி தொப்புனு விழும், உக்காந்திருக்கிற ஆள் சீட்ட விட்டு ஒரு நொடி மேல போய் கீழ வரும்போது சீட் மேல வந்து மோதும். அந்த அடி நேரா நெஞ்சு முதுகும் இடுப்பு முதுகும் சேர்ற இடத்துல, டி12, எல்1 பக்கம் இறங்கும். உங்க மனைவிக்கு உடைஞ்சதும் எல்1. இது விதியோ கடவுள் செயலோ இல்ல, ஸ்பீட்போட் ஓட்டுற தொழில்ல இருக்கிறவனுக்கு தெரிஞ்ச ஆபத்து, கடல் கொந்தளிப்பா இருந்தா ஆட்கள முன்னாடி உக்கார வைக்கக் கூடாது, இல்லன்னா வேகத்தையாவது குறைக்கணும். செப்டம்பர்ல அந்தமான் கடல் பக்கம் தென்மேற்கு பருவமழைனு ஃபூகெட் வித்துப் பொழைக்கிற எந்த ஏஜென்டுக்கும் தெரியாதுனு சொல்ல வழியில்ல. அதே ஃபூகெட்ல 2018 ஜூலை 5ஆம் தேதி ஃபீனிக்ஸ்ங்கிற டூரிஸ்ட் போட் புயல்ல கவுந்து 47 பேர் செத்தாங்க, அதுவும் இதே பருவமழை சீசன்ல. தாய்லாந்து வானிலைத் துறை அந்தமான் கடலுக்கு அலை உயரத்தோட அறிவிப்பு போடும், மோசமா இருந்தா சின்ன போட்டெல்லாம் கரையிலயே இருக்கணும்னும் சேத்து சொல்லும். நீங்க போன தேதிக்கு அது என்ன சொல்லுச்சுனு தேடி எடுத்து பிரிண்ட் போட்டு வைங்க. அறிவிப்பு இருந்தும் போட்ட எடுத்திருந்தா கேஸ்ல பாதி அங்கயே முடிஞ்சுது.

நம்ம ஊர் தீர்ப்பு ஒன்னு இதுக்கு ரொம்ப பக்கத்துல வரும். கோவளத்துல கேரள அரசு சுற்றுலாக் கழகத்தோட ஹோட்டல் நீச்சல்குளத்துல ஒரு விருந்தாளி மூழ்கி இறந்துட்டார், லைஃப்கார்டு அந்த நேரம் பார் வேலையும் சேத்து பாக்க வேண்டி இருந்துச்சு. தேசிய ஆணையம் 62.5 லட்சம் நஷ்ட ஈடு போட்டது, 2019ல சுப்ரீம் கோர்ட் அத அப்படியே உறுதி பண்ணிச்சு. தண்ணில இறங்குறவன் ரிஸ்க் எடுத்துதான் இறங்குறான்ங்கிற வாதம் அங்க எடுபடல. பாதுகாப்புக்கு ஆள் வைக்கிறேன்னு காசு வாங்கினவன் அந்த வேலைய செஞ்சானாங்கிறதுதான் கேள்வி.

இனி கையெழுத்துகள். ஜெட்டி ஃபார்ம பத்தி எனக்கு பெரிசா பயம் இல்ல. அதுல இருக்கிறது போட் கம்பெனி பேர், உங்க ஏஜென்ட் பேர் இல்ல. தாய்லாந்துலயே 1997ல வந்த ஒரு சட்டம் இருக்கு, கவனக்குறைவால உயிருக்கோ உடம்புக்கோ வர்ற பொறுப்ப முன்கூட்டியே எழுதி வாங்கி தட்டிக் கழிச்சா அது செல்லாதுங்குது. நம்ம 2019 சட்டமும் ஒருதலைப்பட்சமான ஒப்பந்தத்துக்கு தனியா விளக்கம் குடுத்திருக்கு. ஆனா ஒன்னு, அந்த மாதிரி ஷரத்து செல்லாதுனு அறிவிக்கிற அதிகாரத்த சட்டம் மாநில ஆணையத்துக்கும் தேசிய ஆணையத்துக்கும்தான் குடுத்திருக்கு, மாவட்டத்துக்கு இல்ல. அதனால நம்ம புகார்ல "ஃபார்ம ரத்து பண்ணுங்க"னு கேக்க வேண்டாம், சேவைக் குறைபாடுனு மட்டும் கேப்போம், ஃபார்ம்ல ஏஜென்ட் ஒரு தரப்பே இல்லனு சொல்லிட்டுப் போயிடலாம்.

எனக்கு வயித்துல புளிய கரைக்கிறது ஆஸ்பத்திரில போட்ட அந்த ரெண்டாவது கையெழுத்துதான். பில்ல கட்டிட்டு வாங்குற பேப்பர்ல "இதோட எல்லா கோரிக்கையும் முடிஞ்சது"னு ஒரு வரி இருக்கும், அப்படி இருந்தா அது சமரச ஒப்பந்தம், போட் கம்பெனிய பொறுத்தவரைக்கும் கதவு கிட்டத்தட்ட சாத்தியாச்சு. ஏஜென்ட் அந்த பேப்பர்ல இல்ல, அவரோட இருக்கிற ஒப்பந்தம் தனி, அதனால அவர் மேல போக நமக்கு வழி இருக்கு, ஆனா அவர் வக்கீல் கண்டிப்பா அத தூக்கிக் காட்டி "முழு திருப்தியா வாங்கியாச்சு"ம்பார். அதனால தெரிஞ்ச டாக்சி டிரைவர்கிட்டயோ போன் ஆப்லயோ மொழிபெயர்க்காம ஒழுங்கா சான்றளிக்கிற மொழிபெயர்ப்பாளர்கிட்ட குடுத்து வாங்குங்க, அத பாக்காம நோட்டீஸ்ல ஒரு வார்த்தை எழுத மாட்டேன். போட் கம்பெனி அங்க கட்டின பில் தொகைய நம்ம கணக்குல கழிச்சுதான் கேக்கணும், ரெண்டு தடவ கேட்டா மீதிய நம்புற ஆணையமும் நம்பாது.

முதுகுவலி டிக். இத மறைக்கலாம்னு ஒரு நினைப்பு உங்களுக்கு வந்திருக்கும், வேண்டாம். 2021 ஸ்கேன் ரிப்போர்ட் எப்படியும் இன்சூரன்ஸ் ஃபைல்ல இருக்கு, எதிர்தரப்பு எடுத்துக் காட்டி நீங்க மாட்டுறதுக்கு பதிலா நாமளே அஃபிடவிட்ல எழுதிடுவோம். பழைய டிஸ்க் எந்த இடம்? பெரும்பாலும் கீழ எல்4-எல்5ஆதான் இருக்கும், உடைஞ்சது எல்1, ரெண்டும் வேற வேற இடம்னு எலும்பு டாக்டர்கிட்ட ஒரு ஒப்பினியன் வாங்குங்க, ஆரோக்கியமான எலும்பும் இந்த அடிக்கு உடையும்ங்கிற மாதிரி அவர் எழுதினா இன்னும் நல்லது. அவரா நம்பி எழுதணும், நீங்க வாசகம் எழுதிக் குடுக்கக் கூடாது. என்ன பண்ணினாலும் அந்த டிக்குக்காக ஆணையம் கொஞ்சம் தொகைய குறைக்கலாம், உங்க பங்கும் இருக்குனு சொல்லலாம். ஜெட்டில நாப்பது பேர் க்யூல நிக்கும்போது பேனாவ கைல திணிச்சு "சைன் சைன்"னு அவசரப்படுத்துற லட்சணம் எனக்கும் தெரியும், அத அப்படியே எழுதுங்க, மிகைப்படுத்தாம.

மாயா பே விஷயத்த நீங்க ஒரு வரில விட்டுட்டீங்க, ஆனா எனக்கு அது பிடிச்ச பாயிண்ட். அந்த பீச்ச வருஷா வருஷம் ஆகஸ்ட் 1லேர்ந்து செப்டம்பர் 30 வரைக்கும் மூடிடுவாங்க, பவளப்பாறை கெட்டுப் போச்சுனு 2018ல மூடி 2022 ஜனவரிலதான் திறந்தாங்க, அதுக்கப்புறம் இந்த ரெண்டு மாச லீவு. செப்டம்பர் டூருக்கு ஐட்டினரில மாயா பேனு போட்டு வித்தது கண்ண மூடிட்டு வித்தது, இல்ல தெரிஞ்சே வித்தது. கூடவே ஆல் இன்க்ளூசிவ்னு போட்டுட்டு நேஷனல் பார்க் கட்டணம்னு பெரியவங்களுக்கு 400 பாட், பையனுக்கு 200 பாட் ஜெட்டில தனியா வாங்கியிருந்தா அந்த ரசீத தேடுங்க. காசு சின்னதுதான், ஆனா எலும்பு உடைஞ்ச கதைக்கு முன்னாடியே "இவர் தான் விக்கிறது என்னன்னே பாக்காம விக்கிறவர்"னு ஆணையத்துக்கு புரிஞ்சிடும்.

இன்சூரன்ஸ் தனி ரூட், ரெண்டையும் ஒரே புகார்ல போட்டு குழப்ப வேண்டாம். உங்க மனைவி ஸ்நார்க்லிங் பண்ணும்போது அடிபடல, காசு குடுத்து பயணியா போட்ல உக்காந்திருந்தாங்க. பாலிசில அட்வென்ச்சர் ஸ்போர்ட்ஸ்னு என்னென்ன பட்டியல் போட்டிருக்குனு வாசிங்க, போட்ல பயணம் பண்றது அதுல பெரும்பாலும் இருக்காது. முதல்ல கம்பெனியோட குறைதீர்ப்பு பிரிவுக்கு எழுதுங்க, ஒரு மாசத்துல பதில் வரலன்னாலோ மறுபடி மறுத்தாலோ சென்னை இன்சூரன்ஸ் ஆம்பட்ஸ்மேன்ங்கிற குறைகேட்பு அதிகாரிகிட்ட போகலாம், கட்டணம் கிடையாது, வக்கீலும் வேண்டாம், மறுத்து ஒரு வருஷத்துக்குள்ள போகணும். அதே க்ளைம வேற கோர்ட்ல போட்டிருந்தா அவர் எடுக்க மாட்டார்.

நாள் கணக்கு முக்கியம். நுகர்வோர் புகாருக்கு ரெண்டு வருஷம், அடிபட்ட தேதிலேர்ந்து எண்ணுங்க. ஏஜென்ட் வாட்ஸாப்ல "பேசிட்டு இருக்கேன் சார், பாத்துக்கலாம்"னு இழுத்துட்டே இருந்தா அந்த ரெண்டு வருஷம் நீளாது. தாய்லாந்துல போட்காரன் மேல வழக்குனா ஒரே வருஷம்தான், நான் அந்தப் பக்கம் போகச் சொல்லல, தெரிஞ்சு வைங்க. நோட்டீஸ் அனுப்பணும்னு கட்டாயம் இல்ல, ஆனா 15 நாள் டைம் குடுத்து ஒன்னு அனுப்பிடுவோம், ரிஜிஸ்டர் போஸ்ட் இப்ப ஸ்பீட் போஸ்ட்டோட சேந்துடுச்சு, டெலிவரி ப்ரூஃப் எடுத்து வைங்க. அதுக்கு நடுவுல 1915ங்கிற நுகர்வோர் ஹெல்ப்லைனுக்கு போன் பண்ணி ஒரு புகார் பதிஞ்சா சில ஏஜென்ட் அதுலயே இறங்கி வந்துடுவாங்க, உங்க ஆள் பேச்ச பாத்தா அப்படி தெரியல. புகார இ-ஜாக்ருதிங்கிற நுகர்வோர் ஆணைய வெப்சைட்ல ஆன்லைன்லயே போடலாம், சாட்சியெல்லாம் பெரும்பாலும் அஃபிடவிட்தான், உங்க மனைவி கூண்டுல ஏறி மணிக்கணக்கா நிக்க வேண்டி வராது. சட்டத்துல மூணு மாசத்துல முடிக்கணும்னு எழுதியிருக்கு, அத நம்பி லோன் எதுவும் வாங்கிடாதீங்க.

தொகைய பத்தி, 50 லட்சம்னு போட்டு ஆரம்பிக்கிற ஐடியாவ யாராவது சொல்லியிருந்தா விட்டுடுங்க. பில், பெல்ட், பிசியோ, சம்பளம் இல்லாம போன மாசங்களுக்கு சேலரி சர்டிஃபிகேட், மாயா பே இல்லாத டூருக்கு ஒரு பகுதி, அதுக்கு மேல வலிக்கும் மன உளைச்சலுக்கும் ஒரு நியாயமான தொகை, ஒவ்வொன்னுக்கும் பின்னாடி பேப்பர் இருக்கணும்.

கடைசியா, பையன் போட்ல எடுத்த வீடியோ எதாவது இருக்கானு கேளுங்க, இந்த வயசுப் பசங்க எடுக்காம இருக்க மாட்டாங்க. இருந்தா அத வாட்ஸாப்ல எனக்கு அனுப்பாதீங்க, அதுல தரம் குறைஞ்சு எடுத்த நேரம் இடம் எல்லாம் அழிஞ்சிடும். ஒரிஜினல் ஃபைல பென்ட்ரைவ்ல காப்பி பண்ணி எடுத்துட்டு வாங்க, புது சாட்சியச் சட்டத்துல 63வது பிரிவுல எலக்ட்ரானிக் சாட்சிக்கு ஒரு சர்டிஃபிகேட் குடுக்கணும், அதுக்கு அந்த போனும் வேணும். அதனால கேஸ் முடியிற வரைக்கும் அந்த போன எக்ஸ்சேஞ்ச் ஆஃபர்ல குடுத்துடாம பாத்துக்கங்க, பையன் கேட்டா என் பேர சொல்லிடுங்க.